பலகையில் என்ன எழுதுவது? மு. அனந்தகிருஷ்ணன் பற்றி ஒரு விவாதம்

பென்னாகரத்து வாத்தியார்:
வணக்கம். எங்கள் பள்ளியில் +2 வகுப்பு வாசலில் ஒரு கரும்பலகை இருக்கிறது. வாரம் ஒருவருடைய வாழ்க்கையைப் பத்து வரியில் எழுதிப் போடுகிறேன். இந்த வாரம் மு. அனந்தகிருஷ்ணன். 1928இல் வாணியம்பாடியில் பிறந்தவர், நமக்குப் பக்கத்து ஊர்க்காரர். கிண்டி பொறியியல் கல்லூரியில் சிவில் படித்து, அமெரிக்காவில் மின்னசோட்டா பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டம் வாங்கினார். கான்பூர் ஐஐடியின் தொடக்க காலப் பேராசிரியர். பிறகு வாஷிங்டன் இந்தியத் தூதரகத்தில் அறிவியல் ஆலோசகர், அடுத்து ஐ.நா. பணி. 1990 முதல் 1996 வரை அண்ணா பல்கலைக்கழகத் துணைவேந்தர்.

கடைசி வரியாக "தமிழ்நாட்டில் பொறியியல் நுழைவுத் தேர்வை நீக்க வழிசெய்தவர்" என்று எழுதினேன். எங்கள் கணக்கு ஆசிரியர் அந்த வரியை அழிக்கச் சொல்கிறார். "அது சாதனை இல்லை சார், சறுக்கல்" என்பது அவர் கட்சி. நீங்கள் என்ன நினைக்கிறீர்கள்?

ஓசூர் டூல்ரூம்:
கணக்கு சார் சொல்றதுதான் சரி. அனந்தகிருஷ்ணன் மேல எனக்கு மரியாதை இருக்கு. ஆனா 2006ல அவர் தலைமையில இருந்த குழு கொடுத்த பரிந்துரையோட விளைவை நான் தினமும் பாக்கறேன்.

டிரெய்னி எடுக்கறப்ப நான் ஒரே ஒரு சோதனைதான் வைப்பேன். ஒரு வெர்னியர் காலிப்பரையும் ஒரு எஃகு முளையையும் கையில கொடுத்து, விட்டம் எவ்வளவுன்னு கேப்பேன். மெயின் ஸ்கேல்ல என்ன இருக்குன்னு பாத்து, வெர்னியர்ல எந்தக் கோடு நேரா சேருதோ அதை 0.02ஆல பெருக்கிக் கூட்டணும். அவ்வளவுதான். இது பதினொண்ணாவது பிசிக்ஸ் லேபோட முதல் பாடம். பிசிக்ஸ்ல 200க்கு 195 வாங்கின பையன் காலிப்பரைத் திருப்பித் திருப்பிப் பாத்தான். கேட்டா, "லெவன்த் எங்களுக்கு நடத்தவே இல்ல சார், ரெண்டு வருஷமும் ட்வெல்த் புக்தான்"னான். நுழைவுத் தேர்வு இருந்தவரைக்கும் புரிஞ்சு படிக்கணுங்கற பயமாவது இருந்துச்சு. அதை எடுத்ததும், மார்க்குக்காகவே மனப்பாடம் பண்ண வைக்கிற பிராய்லர் பள்ளிகளுக்குத்தான் கொண்டாட்டம்.

பாலக்கோடு தக்காளி மண்டி:
அண்ணா, அந்தப் பயம் யாருக்கு இருந்துச்சுன்னு நான் சொல்றேன். நான் 2003ல +2 முடிச்சவன், அரசுப் பள்ளி, தமிழ் மீடியம். அப்ப கட் ஆஃப் 300க்கு. +2 மார்க்குல 200, நுழைவுத் தேர்வுல 100. அந்த 200ல எனக்கு நல்ல மார்க். நுழைவுத் தேர்வுக்குன்னு ஒரு மாசம் சேலத்துல தங்கிப் படிக்கணும்னாங்க. எங்கப்பா ராயக்கோட்டை மண்டிக்குக் கூடை தூக்கினவர். ரெண்டு ஆட்டை வித்தார், அப்பவும் தங்கறதுக்குப் பத்தல. நான் போகல. பழைய கேள்வித்தாளைக்கூட நான் கண்ணால பாத்தது கிடையாது. அந்த 100ல கவுந்துட்டேன். இன்னைக்கு மண்டிதான்.

என் தங்கச்சி 2008ல முடிச்சா. நுழைவுத் தேர்வு கிடையாது. 200க்குத்தான் கட் ஆஃப், கணக்குக்கு 100, பிசிக்ஸுக்கு 50, கெமிஸ்ட்ரிக்கு 50. நைட் பஸ் புடிச்சு அண்ணா யுனிவர்சிட்டிக்கு நான்தான் கூட்டிட்டுப் போனேன். பெரிய திரையில ஒவ்வொரு கல்லூரியிலயும் எத்தனை சீட் மிச்சம்னு ஓடிக்கிட்டே இருந்துச்சு. உள்ள போனா, பர்கூர் அரசு கல்லூரின்னு சொன்னா, காகிதம் கையில வந்துருச்சு. எந்த ஆளையும் புடிக்கல, யாருக்கும் கவர் குடுக்கல. மத்தியானம் சாப்பாட்டுக்கு வெளிய வந்துட்டோம். சறுக்கல்னு இதையாண்ணா சொல்றீங்க?

நீரியல் மாணவி, காரிமங்கலம்:
ஒரு சேர்க்கை. நுழைவுத் தேர்வு 1984இல் வந்தது. அதை எடுக்க அனந்தகிருஷ்ணன் குழுவுக்கு முன்பும் அரசு முயன்றது, நீதிமன்றத்தில் நிற்கவில்லை. அந்தக் குழுவின் பரிந்துரைப்படி வந்த 2006 சட்டம் நின்றது. வெவ்வேறு வாரியத்தில் படித்தவர்களை எப்படி ஒப்பிடுவது என்பதற்கு அதில் விடை இருந்தது அதற்கு ஒரு முக்கியக் காரணம் என்று நினைக்கிறேன். மாநில வாரியத்தில் இயற்பியல் முதல் மதிப்பெண் 100, வேறொரு வாரியத்தில் 90 என்றால் இரண்டையும் 100 என்றே கொள்வார்கள். அந்த வாரியத்தில் 60 வாங்கியவருக்கு 66.67 ஆகும். எளிய விகிதக் கணக்கு. பொறியாளர் மூளை வேலை செய்த இடமாக எனக்கு இது படுகிறது.

ஆனாலும் எனக்கு ஒரு ஆதங்கம் உண்டு. அண்ணா பல்கலைக்கழகத்தில் அவருக்கு முன் 1981 முதல் 1990 வரை துணைவேந்தராக இருந்த வா. செ. குழந்தைசாமியின் பெயர் நீரியல் பாடத்தில் இன்றும் இருக்கிறது. மழை எப்படி ஆற்று நீராகிறது என்பதற்கு அவர் தந்த மாதிரியைப் படித்துத்தான் நான் தேர்வு எழுதினேன். அனந்தகிருஷ்ணனின் சிவில் ஆய்வு எங்கள் பாடத்தில் எங்கே? நிர்வாகம் ஒரு நல்ல பொறியாளரை விழுங்கிவிட்டதோ என்று தோன்றுகிறது.

பென்னாகரத்து வாத்தியார்:
விழுங்கியது என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை, அம்மா. பாலம் கட்டுபவர் பாலத்தில் பெயர் எழுதுவதில்லை. ஒவ்வொரு கல்லூரிக்கும் தனித்தனி விண்ணப்பம் வாங்க அலைந்த காலம் எனக்கு நினைவிருக்கிறது. அதை மாற்றிய ஒற்றைச் சாளர முறையில் அவருக்குப் பெரிய பங்கு உண்டு. நான் இதைத் தட்டெழுதும் தமிழ்99 விசைப்பலகை 1999 தமிழிணைய மாநாட்டையொட்டி வந்தது. அதிலும் முன்னின்றவர்களில் அவர் ஒருவர்.

ஓசூர் சார், பதினொன்றாம் வகுப்பைப் பற்றி நீங்கள் சொன்னது முழு உண்மை. நானே வெட்கத்தோடு பார்த்தது. ஆனால் 2017இல் பாடத்திட்டத்தை மாற்ற அமைத்த குழுவுக்குத் தலைவரும் அவர்தான், 90ஐ நெருங்கும் வயதில். பதினொன்றுக்குப் பொதுத் தேர்வு வந்ததும் அதே கல்வியாண்டில். மறு ஆண்டே புதிய பதினொன்றாம் வகுப்புப் புத்தகம் என் கைக்கு வந்துவிட்டது. கணக்கும் இயற்பியலும் கனமாக இருக்கின்றன. பிள்ளைகள் திணறுகிறார்கள், ஆனால் படிக்கிறார்கள்.

ஓசூர் டூல்ரூம்:
ரெண்டுக்கும் தலைவர் அவர்தான்னு எனக்குத் தெரியாது. அதை ஒத்துக்கறேன். ஆனா நடுவுல போன வருஷங்களுக்கு யார் பதில் சொல்றது? அந்த வருஷங்கள்ல கல்லூரி எண்ணிக்கை 500ஐத் தாண்டிச்சு. காலிப்பர் படிக்கத் தெரியாம டிகிரி வாங்கினவங்க இன்னைக்கு டெலிவரி பேக் மாட்டிக்கிட்டு ஓசூர்ல சுத்தறாங்க. கதவைத் தொறந்தவர், உள்ள என்ன சொல்லிக் குடுக்கறாங்கன்னும் அன்னைக்கே பாத்திருக்கணும்.

பாலக்கோடு தக்காளி மண்டி:
பள்ளிக்கூடம் லெவன்த் நடத்தலன்னா அதுக்குப் பள்ளிக்கூடத்தைப் புடிக்கணும்ணா. கதவைத் தொறந்தவரை இல்ல. கதவு சாத்தியிருந்தப்ப வெளிய நின்னவன் நான்.

பென்னாகரத்து வாத்தியார்:
இன்று காலை வரியை இப்படி மாற்றி எழுதினேன்: "2006இல் நுழைவுத் தேர்வை நீக்கப் பரிந்துரைத்த குழுவின் தலைவர். 2017இல் பள்ளிப் பாடத்திட்டத்தைப் புதுப்பித்த குழுவின் தலைவர். மே 2021இல் கொரோனாவில் மறைந்தார்." மதியம் போய்ப் பார்த்தால், முதல் இரண்டு வாக்கியங்களுக்கும் நடுவே கணக்கு ஆசிரியர் தன் கையெழுத்தில் "பதினோரு ஆண்டு கழித்து" என்று சேர்த்திருக்கிறார். அழிக்கவில்லை. இருக்கட்டும் என்று விட்டுவிட்டேன்.

ஓசூர் சார், எங்கள் ஆய்வகத்தில் நாலு வெர்னியர் இருக்கிறது. இரண்டில் சுழிப்பிழை, மூடி வைத்தாலும் சுழி காட்டாது. ஒரு சனிக்கிழமை வர முடியுமா?

ஓசூர் டூல்ரூம்:
கணக்கு சார் எழுதினதுதான் என் கட்சியும். சனிக்கிழமை எனக்கு முதல் ஷிஃப்ட், ரெண்டரைக்கு முடியும். அதுக்கு அடுத்த சனிக்கிழமை லீவு போட்டுட்டு வர்றேன். என்கிட்ட இருக்கறதுல ஆறு எடுத்துட்டு வர்றேன் சார்.