ஃபார்மட் போடும் முன் அந்த டிரைவர் யாருடையது என்று பாருங்கள்

சிஸ்டம் அடிக்கடி நின்றால் உடனே ஃபார்மட் போடலாமா என்ற பேச்சுக்கு என் பங்குக்கு ஒன்று. அவிநாசி பக்கம் சிஸ்டம் சர்வீஸ் பார்க்கிறேன். பனியன் கம்பெனிகளுக்கு எம்பிராய்டரி போட்டுத் தரும் யூனிட் ஒன்றில், டிசைன் போடும் சிஸ்டம் அடிக்கடி நீலத் திரையில் போய் நின்றது. (2025 அப்டேட்டுக்குப் பிறகு விண்டோஸ் 11ல் அது கறுப்புத் திரை.) "ஏனுங்கண்ணா, ஃபார்மட் போட்டுட்டாச் செரியாப் போயிருமுங்களா? நாளைக்குப் பீஸ் போகோணும்" என்றார் ஓனர்.

ஃபார்மட் போட்டாலும் டிசைன் சாஃப்ட்வேரின் டாங்கிளுக்கு (லைசென்ஸுக்காகச் செருகும் யுஎஸ்பி சாவி) டிரைவரை, அதாவது அதை விண்டோஸோடு பேச வைக்கும் சின்ன சாஃப்ட்வேரை, மறுபடி போடத்தானே வேண்டும்? சந்தேகமே அதன் மேல் இருக்கும்போது ஃபார்மட் எதற்கு?

விண்டோஸ் ஃபோல்டருக்குள் மினிடம்ப் என்று ஒரு ஃபோல்டர் இருக்கும். சிஸ்டம் விழுகிற ஒவ்வொரு முறையும் அங்கே ஒரு பதிவு சேரும். அதை விண்டிபக்கில் (இந்தப் பதிவுகளைப் படிக்கும் மைக்ரோசாஃப்ட் கருவி) திறந்து பார்த்தேன். முதலில் கண்ணில் பட்டது விண்டோஸின் சொந்தக் கெர்னல் (மையப் பகுதி) ஃபைல். பல பேர் அதோடு நின்று, விண்டோஸே கெட்டுவிட்டது என்று முடிவு கட்டிவிடுகிறார்கள். பெரும்பாலும் அது பழியைச் சுமக்கிற ஃபைல்தான். ஸ்டாக்கில் (விழும் நேரத்தில் எதை எது அழைத்தது என்ற வரிசை) கொஞ்சம் கீழே போனால் டாங்கிளின் .சிஸ் ஃபைல், அதாவது டிரைவர் ஃபைல், இருந்தது. விண்டோஸ் 7 காலத்தது, அப்கிரேடு செய்தபோது கூடவே வந்துவிட்டது.

அந்த ஃபைலை மட்டும் போய் டெலீட் செய்யாதீர்கள். ரெஜிஸ்ட்ரியில் (விண்டோஸ் தன் செட்டிங்குகளை வைத்திருக்கும் இடம்) அதன் பதிவு அப்படியே நிற்கும். கீபோர்டு, மௌஸ் மேல் ஃபில்டராக (இடையில் நிற்கும் டிரைவராக) உட்கார்ந்தது என்றால் அவையும் செத்துப்போகும். பூட் ஆகும்போதே ஏறுவது என்றால் விண்டோஸே திறக்காமல் போகலாம். முதலில் அந்த சாஃப்ட்வேரின் அன்இன்ஸ்டாலர் வழியாக எடுங்கள். மிச்சம் இருந்தால் அட்மின் கமாண்ட் ப்ராம்ப்டில் பிஎன்பி யூட்டில் (pnputil) என்ற கமாண்ட். விண்டோஸோடு வராத, வெளிக் கம்பெனிகளின் டிரைவர்களை மட்டும் கம்பெனி, தேதி, வெர்ஷனோடு அது பட்டியல் போடும். ஓஇஎம் (oem) என்று தொடங்கும் இன்ஃப் (.inf) ஃபைல் பெயரைப் பார்த்து பேக்கேஜையே நீக்கலாம். டாங்கிள் கம்பெனியின் தளத்திலிருந்து புது டிரைவர் போட்ட பிறகு அந்தத் தொல்லை இல்லை.

பதில், ஈரோட்டிலிருந்து:

எங்களுக்கு டிரைவர் தொல்லை மஞ்சள் குடோன் எடைத் தராசில் வந்தது. அப்டேட்டுக்குப் பிறகு தராசை சிஸ்டத்தோடு இணைக்கும் யுஎஸ்பி சீரியல் கேபிளுக்கு டிவைஸ் மேனேஜரில் மஞ்சள் முக்கோணம், எரர் கோடு 10 (சாதனம் தொடங்கவில்லை). டிரைவரில் குறையில்லீங்க, கேபிளில் இருந்தது போலிச் சிப். புது டிரைவர் அதை ஏற்கவில்லை. ரோல் பேக் செய்தால் (பழைய டிரைவருக்கே திரும்பினால்) ஓடியது, ஆனால் அடுத்த அப்டேட்டில் மறுபடி நிற்கும். நல்ல கேபிள் வாங்கச் சொல்லிவிட்டேன். "டிரைவர் அப்டேட்டர்" என்று இலவசமாகக் கிடைப்பதை மட்டும் யாரும் போட்டுவிடாதீங்க.