கீழ்நிலை லீக் ஸ்ட்ரைக்கர் எப்படி ஸ்கவுட் ஆகிறார்? தம்பிக்காகக் கேட்கிறேன்

உப்பளம் கிழக்கு எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். என் தம்பி பதினான்கு ஆண்டுகளாகப் புதுச்சேரி உள்ளூர் லீக் ஆட்டங்களில் சென்டர் ஃபார்வர்டாக ஆடியவன். இப்போது அவனுக்கு வயது 31. சென்ற ஆண்டு வலது முழங்காலில் ஜவ்வு கிழிந்து, அறுவை சிகிச்சையும் முடிந்து, இனிப் போட்டி ஆட்டம் வேண்டாம் என்று மருத்துவர் சொல்லிவிட்டார். பகலில் அச்சகத்தில் வேலை பார்க்கிறான். மாலையானால் கால் தானாக மைதானத்துக்குப் போய்விடுகிறது. ஆனால் கோட்டுக்கு வெளியே நின்றுகொண்டு என்ன செய்வதென்று அவனுக்குத் தெரியவில்லை.

அவன் அலமாரியைச் சுத்தம் செய்தபோது கட்டம் போட்ட நாற்பது பக்க நோட்டுகள் ஆறு கிடைத்தன. தான் ஆடிய ஆட்டங்களில் எதிரணியினரைப் பற்றி எழுதி வைத்திருக்கிறான். ஒரு பக்கத்தை அப்படியே தருகிறேன்: "7ஆம் எண். வலக்கால் மட்டும். பந்து வருவதற்கு முன் இரண்டு முறை தோளுக்குப் பின்னால் பார்க்கிறான். கோல் தவறிய பிறகு ஐந்து நிமிடம் பந்து கேட்கவே இல்லை." இதைப் படித்ததும் எனக்கு ஒரு எண்ணம் வந்தது. இங்கிலாந்தில் மூன்றாம், நான்காம் நிலைப் பிரிவுகளில் ஆடிய முன்கள வீரர்கள் பலர் ஓய்வுக்குப் பிறகு ஸ்கவுட் வேலைக்கு, அதாவது கழகங்களுக்காக ஆட்டங்களைப் பார்த்து நல்ல வீரர்களைக் கண்டு சொல்லும் வேலைக்கு, போகிறார்கள் என்று படித்திருக்கிறேன். அந்த மாற்றம் எப்படி நடக்கிறது? கோல் அடித்த அனுபவம் இன்னொருவரின் ஆட்டத்தை எடைபோட உண்மையிலேயே உதவுகிறதா? அதில் ஒரு குடும்பம் பிழைக்க முடியுமா? விவரம் தெரிந்தவர்கள் பொறுமையாக எழுதினால் அவனுக்குக் காட்டுவேன்.

மஞ்சக்குப்பம் டு நாட்டிங்கம் எழுதியது:

வணக்கம் நண்பரே. நான் கடலூர்க்காரன், ஒன்பது ஆண்டுகளாக நாட்டிங்கம் நகரில் வேலை. இங்கிருந்து மான்ஸ்ஃபீல்டு பக்கம் என்பதால், பெரிய கழகங்களின் டிக்கெட்டுக்குக் காசு இல்லாத காலத்தில் மான்ஸ்ஃபீல்டு டவுன் ஆட்டங்களுக்குப் போகத் தொடங்கினேன். இப்போது காசு இருந்தாலும் அங்கேதான் போகிறேன்.

முதலில் அமைப்பைச் சொல்லிவிடுகிறேன். 1888இல் 12 கழகங்களோடு தொடங்கிய ஃபுட்பால் லீக், இன்று பிரீமியர் லீக்கில் 20, அதற்குக் கீழே சாம்பியன்ஷிப், லீக் ஒன், லீக் டூ ஆகிய மூன்றிலும் தலா 24 என்று மொத்தம் 92 கழகங்களாக நிற்கிறது. அதற்கும் கீழே நேஷனல் லீக் தொடங்கி ஊர் அணிகள் வரை நூற்றுக்கணக்கான கழகங்கள் உள்ளன. லீக் டூவில் ஒரு பருவத்துக்கு 46 லீக் ஆட்டங்கள். ஒப்பந்தம் பெரும்பாலும் ஓராண்டு அல்லது இரண்டாண்டுதான். ஆகவே அங்கே ஆடும் ஒரு ஸ்ட்ரைக்கர் பத்துப் பதினைந்து ஆண்டுகளில் ஆறேழு கழகங்கள் மாறிவிடுவார். 34 வயதில் அவர் கையில் மிஞ்சுவது சேமிப்பு அல்ல. எந்த ஊரில் எந்த மேலாளர் இருக்கிறார், யார் எந்த உதவிப் பயிற்சியாளரின் பேச்சைக் கேட்பார் என்ற அறிமுகங்கள்தான். அந்த மேலாளர்களில் ஒருவர் தொலைபேசியில் அழைத்து, "செவ்வாய்க்கிழமை உன் வீட்டுக்குப் பக்கத்தில் ஓர் ஆட்டம் இருக்கிறது, அந்த இடது பேக்கைக் கொஞ்சம் பார்த்துச் சொல்" என்று கேட்பதில்தான் பலருடைய ஸ்கவுட் வாழ்க்கை தொடங்குகிறது. விளம்பரம், நேர்காணல் எல்லாம் அதற்குப் பிறகு வந்தவை.

ஒரு நல்ல எடுத்துக்காட்டு ரே கிளார்க். 1952இல் லண்டனில் பிறந்தவர். டாட்டன்ஹாமில் வளர்ந்தும் முதல் அணியில் இடம் நிலைக்காமல், ஸ்விண்டன் வழியாக 1974இல் மான்ஸ்ஃபீல்டுக்கு வந்தார். வந்த முதல் பருவத்திலேயே மான்ஸ்ஃபீல்டு நான்காம் டிவிஷனை (இன்றைய லீக் டூ நிலை) வென்றது. அங்கிருந்து நெதர்லாந்தின் ஸ்பார்ட்டா ராட்டர்டாம், பிறகு அயாக்ஸ். 1978–79 பருவத்தில் அயாக்ஸ் லீக், கோப்பை இரண்டையும் வென்றபோது லீக்கில் மட்டும் 26 கோல் அடித்தவர் இவர். நான்காம் டிவிஷனிலிருந்து நான்கே ஆண்டுகளில் அயாக்ஸ்! காயத்தால் முப்பது வயது ஆகும் முன்பே ஆட்டம் நின்றுபோனது. பின்னாளில் செல்டிக் உள்ளிட்ட கழகங்களுக்கு ஸ்கவுட் ஆனார். கீழே இருந்த ஒருவனுக்குள் மேலே ஆடக்கூடிய ஆட்டம் ஒளிந்திருக்கலாம் என்பதைத் தன் உடம்பிலேயே அறிந்த ஒருவர் அந்த வேலைக்கு வந்தார் என்பதே எனக்கு இதில் முக்கியமாகப் படுகிறது.

உங்கள் இரண்டாவது கேள்விக்கு நான் கண்ணால் பார்த்த ஒன்றைச் சொல்கிறேன். சில ஆண்டுகளுக்கு முன், மழை விடாமல் பெய்த ஒரு செவ்வாய் இரவு, மான்ஸ்ஃபீல்டு மைதானத்தில் எனக்குப் பக்கத்து இருக்கையில் அறுபதைத் தாண்டிய ஒருவர் அமர்ந்திருந்தார். மடியில் அணிப் பட்டியல், அதன் மேல் நனையாமலிருக்க ஒரு பிளாஸ்டிக் உறை, கையில் பேனா அல்ல, பென்சில். மழையில் மை கரைந்துவிடும் என்று பிறகு சொன்னார். மான்ஸ்ஃபீல்டு கார்னர் அடிக்கப் போனபோது அரங்கமே அந்த முனையைப் பார்த்தது. அவரோ எதிர்ப்பக்கம், பந்துக்கு அறுபது கஜம் தள்ளி நின்ற மான்ஸ்ஃபீல்டு ஸ்டாப்பரையே (நடுவில் நிற்கும் தற்காப்பு வீரர்) பார்த்துக்கொண்டிருந்தார். அந்தக் கார்னரில் கோல் விழுந்தது. அவர் அதைப் பார்க்கவே இல்லை. இடைவேளையில் தேநீர் வாங்கிக் கொடுத்துக் கேட்டேன். தானும் நான்காம் டிவிஷனில் ஸ்ட்ரைக்கராக ஆடியவன் என்றார். "தன் அணி தாக்கும்போது ஸ்டாப்பர் எங்கே நிற்கிறான், யாரைத் தொட்டுக்கொண்டு நிற்கிறான், பக்கத்தில் இருப்பவனிடம் பேசுகிறானா என்று பார்த்தால் போதும். பந்து அவனிடம் வரும்போது எல்லோரும்தான் பார்ப்பார்கள்" என்றார். எண்பதாவது நிமிடத்தில் எழுந்து, நெரிசலுக்கு முன் நெடுஞ்சாலையைப் பிடிக்கப் போய்விட்டார்.

அன்றுதான் எனக்குப் புரிந்தது. ஸ்ட்ரைக்கராக ஆடியவர் ஸ்கவுட் ஆனால் முதலில் ஸ்ட்ரைக்கர்களைத்தான் நன்றாகக் கண்டுபிடிப்பார் என்று நினைத்திருந்தேன். உண்மை வேறு. அவர் தன் ஆயுளில் பாதியை ஸ்டாப்பர்களின் குறையைத் தேடியே கழித்திருக்கிறார்: இவன் எந்தப் பக்கம் திரும்ப மாட்டான், முதுகுக்குப் பின்னால் ஓடினால் பதறுவானா, எழுபதாவது நிமிடத்துக்கு மேல் எவ்வளவு பின்வாங்குவான். ஒரு ஆட்டத்தில் பத்து முறை ஓடினால் பந்து ஒரு முறைதான் வரும். மற்ற ஒன்பது முறையும் அவர் பார்த்தது எதிரில் நின்றவனின் கால்களைத்தான். உங்கள் தம்பியின் நோட்டில் ஸ்டாப்பர்களைப் பற்றி எத்தனை பக்கம் இருக்கிறது என்று எண்ணிப் பாருங்கள்.

பிழைப்பைப் பற்றியும் சொல்லிவிட வேண்டும். கீழ்நிலைக் கழகங்களில் பகுதிநேர ஸ்கவுட்டுகளுக்குப் பெரும்பாலும் பயணச் செலவும், சில இடங்களில் ஆட்டத்துக்கு ஒரு சிறு தொகையும்தான். முழுநேரச் சம்பளம் வாங்குவோர் சிலரே. வீடியோ வந்த பிறகு, வைஸ்கவுட் போன்ற தளங்களில் ஒருவர் வீட்டிலிருந்தே உலகத்து லீக்குகளைப் பார்த்துவிடலாம் என்பதால், நேரில் போய்ப் பார்ப்பவரிடம் திரையில் தெரியாததையே கேட்கிறார்கள். அதே சமயம், 2021 முதல் ஐரோப்பிய வீரர்களுக்கும் வேலை அனுமதி தேவைப்படுவதாலும், 18 வயதுக்குட்பட்ட வெளிநாட்டு வீரர்களை ஒப்பந்தம் செய்ய முடியாததாலும், உள்நாட்டுக் கீழ்நிலை லீக்குகளைப் பார்ப்பவர்களுக்கு மதிப்பு கூடியிருக்கிறது என்றே நினைக்கிறேன். அப்போது லீக் டூவில் இருந்த எக்ஸிட்டரில் ஆடிக்கொண்டிருந்த ஆலி வாட்கின்ஸை 2017இல் பிரென்ட்ஃபோர்டு வாங்கியது. 2024 யூரோ கோப்பை அரையிறுதியில் இங்கிலாந்துக்காக நெதர்லாந்துக்கு எதிராகக் கடைசி நிமிடத்தில் வெற்றி கோல் அடித்தவர் அவரே.

கெடிலக்கரை பி.டி. மாஸ்டர் எழுதியது:

இருவருக்கும் வணக்கம். கடலூரில் 22 ஆண்டுகளாக உடற்கல்வி ஆசிரியராக இருக்கிறேன். நாட்டிங்கம் தம்பி எழுதியதில் பெரும்பகுதியை ஏற்கிறேன்; ஆனால் ஓர் எச்சரிக்கை சொல்லியாக வேண்டும்.

ஸ்ட்ரைக்கராக இருந்தவர் ஸ்டாப்பரை நன்றாகப் பார்ப்பார் என்பது சரி. ஆனால் இன்னொரு ஸ்ட்ரைக்கரைப் பார்க்கும்போது அவர் கண்ணில் தன்னுடைய உருவமே விழும். உயரமாக நின்று தலையால் அடித்தவர் உயரமான பையனைத் தேடுவார். வேகத்தால் பிழைத்தவர் வேகத்தைத் தேடுவார். ஜேமி வார்டியை 16 வயதில் ஷெஃபீல்டு வென்ஸ்டே கழகம் உடல் சிறியது என்று விடுவித்தது. அவர் தொழிற்சாலையில் வேலை பார்த்துக்கொண்டே ஸ்டாக்ஸ்பிரிட்ஜ், ஹாலிஃபாக்ஸ், ஃப்ளீட்வுட் என்று ஏறி, 2012இல் பத்து லட்சம் பவுண்டுக்கு லெஸ்டருக்குப் போய், 2015இல் தொடர்ந்து 11 பிரீமியர் லீக் ஆட்டங்களில் கோல் அடித்தார். கெவின் பிலிப்ஸ் கதை இன்னும் வியப்பு. சவுதாம்ப்டன் விடுவித்த பிறகு பால்டாக் டவுன் என்ற சிறு கழகத்தில் தற்காப்பில் ஆடிக்கொண்டிருந்தவரை முன்னால் மாற்றி ஆடவிட்டார்கள். 1994இல் வாட்ஃபோர்டு வெறும் 10,000 பவுண்டு கொடுத்து வாங்கியது. 1999–2000இல் சண்டர்லாண்டுக்காக 30 கோல் அடித்து ஐரோப்பியத் தங்கக் காலணி பெற்றார். தற்காப்பில் நின்ற பையனிடம் முன்கள வீரனைக் காண்பதற்கு, தன் உருவத்தைத் தேடாத கண் வேண்டும்.

லெஸ்டருக்கு அப்போது வீரர்களைத் தேடிய ஸ்கவுட் ஸ்டீவ் வால்ஷ் என்னைப் போல உடற்கல்வி ஆசிரியராக இருந்தவர். லு ஆவ்ர் அணியில் வேறொருவரைப் பார்க்கப் போன இடத்தில், பின்னாளில் லெஸ்டரின் நட்சத்திரமான ரியாத் மஹ்ரெஸ் கண்ணில் பட்டார். இங்கிலாந்தின் புகழ்பெற்ற ஸ்ட்ரைக்கர் ஆலன் ஷியரரைச் சிறுவனாக இருந்தபோதே கண்டு சவுதாம்ப்டனுக்கு அனுப்பிய ஜாக் ஹிக்சன் ரயில்வேயில் வேலை பார்த்தவர். ஆகவே கோல் அடித்த அனுபவம் நல்ல மூலதனம், ஆனால் அதுவே தகுதிச் சான்று ஆகிவிடாது.

நம் பக்கத்துக்கு வருகிறேன். சென்னை சிட்டி 2018–19 ஐ-லீக்கை வென்றபோது 21 கோல் அடித்த பெட்ரோ மான்சி, ஸ்பெயினின் கீழ்நிலைப் பிரிவுகளில் ஆடியவர்தான். கீழே தேடினால் கிடைக்கும் என்பதற்கு நம் மாநிலத்திலேயே சாட்சி இருக்கிறது. 2018இல் மணிப்பூரை இறுதி ஆட்டத்தில் வீழ்த்தி முதன்முறையாகத் தேசியப் பட்டம் வென்ற தமிழ்நாடு மகளிர் அணியின் இந்துமதி கதிரேசன் எங்கள் கடலூர்ப் பெண். எங்கள் ஊர்க் கடற்கரை மணலில் ஆடும் பிள்ளைகளை ஒழுங்காகப் பார்த்து எழுதி வைக்க ஆள் இல்லை என்ற ஆதங்கம் எனக்கு நெடுநாளாக உண்டு. உங்கள் தம்பி ஒரு ஞாயிற்றுக்கிழமை அண்ணா விளையாட்டரங்கத்துக்கு வரட்டும். பேருந்தில் ஒரு மணி நேரம்தானே.

உப்பளம் கிழக்கு எழுதியது:

இருவருக்கும் மனமார்ந்த நன்றி. நேற்று இரவு உங்கள் இரண்டு பதில்களையும் அவனுக்குப் படித்துக் காட்டினேன். ரே கிளார்க் பகுதியை இரண்டாவது முறையும் படிக்கச் சொன்னான்.

பிறகு நோட்டுகளை எடுத்து உட்கார்ந்து எண்ணினோம். ஆறு நோட்டுகளில் முன்கள வீரர்களைப் பற்றி 31 பக்கங்கள். ஸ்டாப்பர்களைப் பற்றி 140க்கு மேல். அவனுக்கே அது தெரிந்திருக்கவில்லை. மாஸ்டர் ஐயா சொன்ன குறையும் அப்படியே இருந்தது: முன்கள வீரர்களில் அவன் நட்சத்திரக் குறி போட்டிருந்த ஒன்பது பேரில் எட்டுப் பேர் அவனைப் போலவே இடக்காலால் ஆடுபவர்கள்.

ஒரு விஷயம் மனத்தை உறுத்துகிறது. இரண்டு ஆண்டுகளுக்கு முன் ஒரு பயிற்சி அகாடமி, நல்ல பையன்களை அழைத்து வா என்று இவனிடம் சொன்னது. நான்கு பையன்களை அழைத்துப் போனான். அவர்களின் பெற்றோரிடம் சேர்க்கைக் கட்டணம் என்று பெருந்தொகை வாங்கியிருக்கிறார்கள்; இவனுக்கு அது தெரியாது. அதில் ஒரு பையனின் அப்பா மீன்பிடித் தொழிலாளி. இன்றும் அவரைத் தெருவில் பார்த்தால் என் தம்பி தலை குனிந்து போகிறான். மறுபடி அப்படி ஆகிவிடக் கூடாது என்ற பயம் அவனுக்கு இருக்கிறது.

மஞ்சக்குப்பம் டு நாட்டிங்கம் எழுதியது:

அந்தப் பயம் நியாயமானது. இங்கே நான் கண்ட நல்ல ஸ்கவுட்டுகள் பெற்றோரிடம் பணம் வாங்குவதில்லை, வாக்குறுதியும் கொடுப்பதில்லை. அவர்களுக்குக் கழகம்தான் கூலி கொடுக்க வேண்டும். முதல் ஓராண்டு உங்கள் தம்பி யாரையும் எங்கும் அழைத்துப் போக வேண்டாம். பார்த்து எழுதட்டும், அவ்வளவுதான். ஒரே பையனைக் குறைந்தது மூன்று முறை பார்க்கட்டும்: ஒரு முறை வெல்லும் அணியில், ஒரு முறை தோற்கும் அணியில், ஒரு முறை மழையிலோ உச்சி வெயிலிலோ. தேதி, எதிரணி, மைதானம், ஆடிய இடம், எத்தனை நிமிடம் என்பவற்றை முதல் வரியிலேயே எழுதும் பழக்கம் வேண்டும். கருத்தை அதற்குக் கீழே எழுதலாம். அப்படி ஐம்பது அறிக்கைகள் சேர்ந்தால், ஒரு கழகத்தின் கதவைத் தட்டும்போது கையில் காட்ட ஏதோ இருக்கும். நேரம் கிடைத்தால் அகில இந்தியக் கால்பந்துச் சம்மேளனத்தின் டி லைசென்ஸ் பயிற்சியையும் முடித்துவிடட்டும். பயிற்சியாளர்களோடு அவர்கள் மொழியில் பேச அது உதவும்.

உப்பளம் கிழக்கு எழுதியது:

சொல்லிவிட்டேன். வரும் ஞாயிறு காலை ஆறரை மணிப் பேருந்தில் கடலூர் வருகிறோம், மாஸ்டர் ஐயா. இன்று மாலை கடைக்குப் போய்ப் புதிய நோட்டு ஒன்றும் பென்சில்கள் இரண்டும் வாங்கி வந்திருக்கிறான். முதல் பக்கத்தில் தேதி போட்டு, அதற்குக் கீழே "ஸ்டாப்பர், இடப்பக்கம்" என்று எழுதி, எண்ணுக்கு மட்டும் இடம் விட்டு வைத்திருக்கிறான்.