மறு: நான்கன்ஃபார்மிஸ்ட் ஓவியர்கள் – தமிழில் என்ன சொல்லலாம்?

நண்பர்களுக்கு வணக்கம். சோவியத் காலத்தில் அரசு வகுத்த கலைப் பாணிக்கும் ஏற்பாட்டுக்கும் ஒத்துப்போகாத ஓவியர்களை ஆங்கிலத்தில் ‘நான்கன்ஃபார்மிஸ்ட்’ (nonconformist) என்கிறார்களே, அதற்குத் தமிழில் என்ன சொல் என்று ஒருவர் இங்கே கேட்டிருந்தார்.

இழை நீண்டுகொண்டே போகிறது, ஆனால் இதுவரை வந்த சொற்களில் பாதிக்கு மேல் அந்த ஆங்கிலச் சொல்லை மட்டும் பார்த்துச் செய்தவை என்று தோன்றுகிறது. அந்த ஓவியர்கள் என்ன வரைந்தார்கள், சோவியத் அரசு அவர்களை ஏன் விரட்டியது என்று பார்க்காமல் சொல் தேடினால் ‘கலகம்’, ‘புரட்சி’, ‘மரபுமீறல்’ என்று கைக்கு அகப்படுவதெல்லாம் பொருத்தமாகத்தான் தெரியும். அதனால் முதலில் கொஞ்சம் கதை, பிறகு என் பரிந்துரை.

1932 ஏப்ரலில் சோவியத் நாட்டை ஆண்ட கம்யூனிஸ்ட் கட்சியின் மத்தியக் குழு ஒரு தீர்மானம் போட்டு அதுவரை இருந்த கலை, இலக்கியக் குழுக்கள் எல்லாவற்றையும் கலைத்தது. ஓவியர்களுக்கு இனி ஒரே சங்கம், கொஞ்ச நாளில் ஒரே பாணி. பாணியின் பெயர் நமக்குப் பழகியதுதான்: சோசலிச யதார்த்தவாதம், அதாவது சோசலிச வாழ்வையும் உழைப்பாளியையும் உயர்த்திக் காட்டி, பார்த்ததும் புரிகிற மாதிரி வரைவது. நம் இடதுசாரி விமர்சகர்கள் புண்ணியத்தில் அது தமிழில் எப்போதோ குடியேறிவிட்டது. அவ்வளவாகப் பேசப்படாதது சங்கம் எப்படி இயங்கியது என்பதுதான். ஓவியக்கூடம், நல்ல வண்ணம், கித்தான், அரசு வேலைகள், கண்காட்சியில் இடம் எல்லாமே சங்கத்தின் வழியாகத்தான் வரும். உறுப்பினராக இல்லையென்றால் நீங்கள் எவ்வளவு வரைந்தாலும் அரசின் கண்ணில் ஓவியர் இல்லை. வேறு வேலையும் காட்ட முடியாவிட்டால் 1961இல் வந்த ‘ஒட்டுண்ணி’ச் சட்டம் காத்திருந்தது. கவிஞர் ஜோசப் பிராட்ஸ்கியை 1964இல் தண்டித்தது இதைக் காட்டித்தான். ஆக, இங்கே ‘கன்ஃபார்ம்’ ஆவது என்றால் ஒரு பாணியில் வரைவது மட்டும் இல்லை, அந்த ஏற்பாட்டுக்குள் போய் உட்கார்ந்து அது சொல்வதற்குத் தலையாட்டுவது.

இதை வைத்துக்கொண்டு வந்த சொற்களைப் பார்க்கலாம்.

> ‘மரபுமீறல் ஓவியர்கள்’ எளிமையாக இருக்கிறதே, எல்லோருக்கும் புரியும்

புரியும், ஆனால் தப்பாகப் புரியும். திமித்ரி கிராஸ்னபெவ்த்செவ் வாழ்நாள் முழுக்க வரைந்தது உடைந்த ஜாடிகள், கிளிஞ்சல்கள், காய்ந்த கிளைகள், கற்கள். சாம்பலும் பழுப்புமான அமைதியான படங்கள், பழைய ஐரோப்பிய அசையாப்பொருள் ஓவியத்தின் நேர் வாரிசு. விளாதிமிர் வெய்ஸ்பெர்க் வெள்ளைப் பின்னணியில் வெள்ளைக் கனசதுரங்களையும் கோளங்களையும் வருஷக்கணக்காக வரைந்தார். இதில் எந்த மரபை எங்கே மீறினார்கள்? உண்மையில் மரபைத் துண்டித்தது அரசுதான். அரூப ஓவியர் மாலேவிச்சும் மற்றவர்களும் 1910களிலும் 20களிலும் செய்ததெல்லாம் அருங்காட்சியகக் கிடங்குகளுக்குள் போய்விட்டது. ஜார்ஜ் கோஸ்தாகிஸ் என்ற கிரேக்கர், கனடா தூதரகத்தில் வேலை பார்த்தவர், அந்தப் படங்களைத் தேடித் தேடிச் சேர்த்துத் தன் மாஸ்கோ வீட்டுச் சுவரெல்லாம் மாட்டி வைத்திருந்தார். இளம் ஓவியர்கள் தங்கள் நாட்டுக் கலையைப் பார்க்க ஒரு தூதரக ஊழியரின் வீட்டுக்குப் போக வேண்டியிருந்தது. அறுந்த மரபின் நுனியைத் தேடிப் போனவர்களுக்கு ‘மரபுமீறியவர்’ என்று பெயர் வைப்பது அநியாயம்.

> எதிர்ப்புக் கலை / கலகக் கலை

இதற்குக் கொஞ்சம் நியாயம் உண்டு, ஏனென்றால் எல்லோருக்கும் தெரிந்த இரண்டு சம்பவங்களும் சண்டைதான். 1962 டிசம்பர் 1 அன்று மாஸ்கோவின் மானேஷ் கண்காட்சி மண்டபத்துக்கு வந்த சோவியத் தலைவர் குருஷேவ் மாடியில் இருந்த நவீன ஓவியங்களைப் பார்த்துக் கண்டபடி திட்ட, சிற்பி எர்ன்ஸ்ட் நெய்ஸ்வெஸ்த்னி அவரோடு நேருக்கு நேர் வாதாடினார். (1971இல் குருஷேவ் இறந்த பிறகு அவர் கல்லறைக்குச் சிற்பம் செய்யக் குடும்பத்தினர் கேட்டது இதே நெய்ஸ்வெஸ்த்னியைத்தான். கறுப்பும் வெள்ளையுமாகக் கற்களை அடுக்கி நடுவில் தலையை வைத்தார். பதவியில் இருந்தபோது திட்டியவருக்கு இவ்வளவு நேர்மையான நினைவுச்சின்னம் அவருடைய கட்சி கட்டித் தந்திருக்காது.)

இரண்டாவது புல்டோசர் கண்காட்சி. 1974 செப்டம்பர் 15, மாஸ்கோவின் ஓரத்தில் பெல்யாயெவோ என்ற இடத்தில் ஒரு காலி மனை. ஓவியர் ஆஸ்கர் ராபினும் நண்பர்களும் படங்களோடு வந்தார்கள். எதிரே புல்டோசர், குப்பை லாரி, தண்ணீர் லாரி, கூடவே சாதாரண உடையில் ஆட்கள். மனையைச் சுத்தம் செய்து பூங்கா போட வந்த தொண்டர்களாம். படங்களைப் பிடுங்கி லாரியில் எறிந்தார்கள், எரித்தார்கள், ராபின் ஓடுகிற புல்டோசரின் அலகைப் பிடித்துத் தொங்கினார், வெளிநாட்டு நிருபர்களுக்கும் அடி விழுந்தது. இதைப் படித்தால் யாருக்கும் ‘கலகம்’ என்றுதான் தோன்றும்.

ஆனால் அதற்கு முன்னால் என்ன நடந்தது என்று பாருங்கள். அவர்கள் மாஸ்கோ நகரசபைக்கு முறையாகக் கடிதம் எழுதித் தெரிவித்துவிட்டுத்தான் இறங்கினார்கள். நகரசபை அனுமதியும் தரவில்லை, தடையும் போடவில்லை. நிகழ்ச்சிக்கு அவர்கள் வைத்த பெயர் ‘இலையுதிர்கால முதல் திறந்தவெளி ஓவியப் பார்வை’. இதைவிடச் சாதுவாக ஒரு பெயர் வைக்க முடியுமா? கோஷம் இல்லை, கோரிக்கைப் பலகை இல்லை. வரைந்ததை நாலு பேர் பார்க்கட்டும், அவ்வளவுதான். உலகப் பத்திரிகைகளில் நாறிப்போன பிறகு அரசே இறங்கிவந்து இரண்டு வாரத்தில், செப்டம்பர் 29 அன்று, இஸ்மாய்லவோ பூங்காவில் நான்கு மணி நேரம் அனுமதி தந்தது. ஆயிரக்கணக்கில் ஜனங்கள் வந்தார்கள், ஒரு கலகமும் நடக்கவில்லை. கலகம் செய்தது புல்டோசர் அனுப்பியவர்கள். இந்த வித்தியாசத்தை நம் சொல் மறைத்துவிடக் கூடாது என்பதுதான் என் முக்கிய வாதம். அரசு தனக்கு ஒத்துவராததை எல்லாம் ‘எதிர்ப்பு’ என்று பதிவு செய்தது. நாமும் ‘எதிர்ப்புக் கலை’ என்று எழுதினால் அந்தப் பதிவேட்டையே நகலெடுக்கிறோம்.

> தலைமறைவு ஓவியர்கள்?

தலைமறைவாக இருந்தால் வீட்டுக்கு ஆள் கூப்பிடுவார்களா? ராபின் அறுபதுகளில் மாஸ்கோவின் ஓரத்து லியானசவோவில், ரயில் பாதைக்குப் பக்கத்தில் ஒரு மரக் குடிசைத்தொடரில், மனைவி வலெந்தினா கிராபிவ்னிட்ஸ்கயாவோடு இருந்தார். ரயில்வேயில் சரக்கு இறக்கும் வேலையில் மேற்பார்வையாளர். ஞாயிற்றுக்கிழமை யார் வேண்டுமானாலும் வந்து படம் பார்க்கலாம். கவிஞர்கள் சப்கீர், ஹோலின் வருவார்கள், ஓவியர்கள் நெமூகின், மஸ்தெர்கோவா வருவார்கள், போகப்போகத் தூதரகக் காரில் வெளிநாட்டுக்காரர்களும் வந்தார்கள். ரகசியப் போலீசுக்கும் தெரியும். இதில் எது மறைவு? ‘அண்டர்கிரவுண்ட்’ என்பதற்கு வந்த ‘நிலத்தடிக் கலை’யைப் பற்றி நான் ஒன்றும் சொல்லவில்லை, நிலத்தடி நீர் என்று படித்துவிட்டு யாராவது போர்வெல் போடாமல் இருந்தால் சரி.

‘அதிகாரப்பூர்வமற்ற கலை’ என்பது பொருளால் சரிதான், ரஷ்யர்களே அப்படியும் சொல்கிறார்கள். ஆனால் தமிழில் ‘அதிகாரப்பூர்வமற்ற’ என்றதும் நமக்குப் பின்னால் வருவது ‘தகவல்’ என்ற சொல்தான், ஏதோ இன்னும் உறுதிசெய்யப்படாத செய்தி மாதிரி. கட்டுரைக்குள் விளக்கமாகப் பயன்படுத்தலாம், கலைச்சொல்லாக வேண்டாம். ‘மாற்றுக் கலை’க்கு ஒரு ஆதாரம் உண்டு. 1990 இறுதியில் மாஸ்கோவின் த்ரெத்யகோவ் கலைக்கூடம் இந்த ஓவியர்களுக்காக நடத்திய பெரிய கண்காட்சிக்கு ‘வேறு கலை’ என்ற பொருளில்தான் பெயர் வைத்தார்கள். ஆனாலும் நம்மிடம் மாற்று மருத்துவம், மாற்று சினிமா, மாற்று அரசியல் என்று அந்தச் சொல் ஏற்கெனவே தேய்ந்துபோய்க் கிடக்கிறது.

அப்புறம் ‘வணங்காமுடி ஓவியர்கள்’, ‘ஒத்தூதா ஓவியர்கள்’. இரண்டையும் ரசித்துச் சிரித்தேன். ரசித்ததாலேயே கவனமாக மறுக்க வேண்டியிருக்கிறது. இரண்டுமே ஆட்களை இரண்டு அணியாகப் பிரித்து இந்தப் பக்கம் வீரர்கள், அந்தப் பக்கம் ஜால்ராக்கள் என்கின்றன. நிலைமை அப்படி இல்லை. இணங்காதவர்களில் பெரிய பெயரான ஓவியர் இலியா கபகோவ் சங்கத்தின் உறுப்பினர். குழந்தைகள் புத்தகங்களுக்குப் படம் போட்டுப் பிழைத்தார், பதிப்பகம் கேட்ட மாதிரியே போட்டுக் கொடுத்தார். மிச்ச நேரத்தில் மாடியறைக் கூடத்தில் தனக்காக வரைந்தவைதான் பிறகு உலக அருங்காட்சியகங்களுக்குப் போனவை. எரிக் புலாத்தவும் ஒலெக் வசீலியெவும் இதே பிழைப்புதான், சேர்ந்தே குழந்தைகள் புத்தகங்களுக்கு வரைந்தார்கள். வருஷத்தின் ஒரு பகுதி ஒத்துப்போவது, மீதியில் தன் வேலை. அந்தப் பக்கம் பார்த்தால் சங்கத்துக்குள்ளேயே இருந்துகொண்டு விக்தர் பப்கோவ், பாவெல் நீக்கனவ் போன்றவர்கள் ‘கடும் பாணி’ என்ற பெயரில் சிரிப்பில்லாத, களைத்த உழைப்பாளிகளை வரைந்தார்கள். 1962 மானேஷில் திட்டு வாங்கியவற்றில் நீக்கனவின் படமும் உண்டு. இவர்களை ஒத்தூதிகள் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

சரி, என் பரிந்துரை: இணங்கா ஓவியர். கலைக்கு இணங்காக் கலை, கருத்துக்கு இணங்காமை.

காரணம் எளிது. ‘இணங்கு’ என்பதில் இரண்டும் இருக்கிறது, சம்மதிப்பதும் ஒத்துப்போவதும். நிர்ப்பந்தத்துக்கு இணங்கினான் என்கிறோம், அவர்கள் இணக்கமாக இருக்கிறார்கள் என்கிறோம். சங்கம் கேட்டது இந்த இரண்டையும்தான். எதிர்மறையில் ‘இணங்கா’ என்றால் சண்டை போட்டார் என்றோ ஒளிந்துகொண்டார் என்றோ அர்த்தம் வராது, சம்மதிக்கவில்லை என்று மட்டும்தான் வரும். கிராஸ்னபெவ்த்செவின் ஜாடிக்கும் பொருந்தும், புல்டோசரில் தொங்கிய ராபினுக்கும் பொருந்தும். கபகோவ் விஷயத்தில் அவருடைய எந்தப் படங்கள் இணங்காதவை என்று பிரித்துச் சொல்லவும் முடியும், அதனால்தான் ஆளுக்கு மட்டும் இல்லாமல் கலைக்கும் ஒரு வடிவம் தருகிறேன். கூடுதல் லாபம், இங்கிலாந்தில் 1662 சட்டத்துக்குப் பிறகு அரசுத் திருச்சபையோடு சேராமல் நின்றவர்களுக்கும் ஆங்கிலத்தில் இதே சொல்தான், அங்கேயும் ‘இணங்காச் சபையினர்’ என்று எழுதலாம். கணக்கு, வரித்துறைக்காரர்கள் ‘இணக்கம்’ என்பதை வேறு ஆங்கிலச் சொல்லுக்கு (compliance) எடுத்துக்கொண்டுவிட்டார்களே என்று ஒருவர் கேட்பார். கேட்கட்டும், விதிக்கு உட்படுவது என்ற அந்தப் பொருளும் பக்கத்து வீடுதான்.

ஒரு எச்சரிக்கை. சுருக்கமாக இருக்கிறதே என்று ‘இணங்கார்’ என்று போட்டுவிடாதீர்கள். நிகண்டுக்காரர்களுக்கு இணங்கார், இணங்கலர் எல்லாம் பகைவர்தான், ஒன்னார், நண்ணார் வரிசையில் வரும். மத்தியக் குழு வேண்டுமானால் மகிழ்ந்திருக்கும், நமக்கு வேண்டாம். பின்னால் ‘ஓவியர்’, ‘கலைஞர்’ என்று ஒரு பெயர் கட்டாயம் இருக்கட்டும். வல்லினம் வந்தால் ஒற்று மிகும் என்பதை மறக்க வேண்டாம்.

கேள்வி கேட்டவர் 1991க்குப் பிறகும் இந்தச் சொல்லைத் தொடரலாமா என்று கேட்டிருந்தார். ஆளைக் குறிக்கலாம், காலத்தைக் குறிக்க வேண்டாம். ஒத்துப்போகச் சொன்ன அமைப்பு பலமிழந்தபோதே அந்தச் சொல்லின் வேலையும் முடிந்துவிட்டது, அது சோவியத் உடைவதற்கு முன்பே தொடங்கியது. 1988 ஜூலையில் சதபீஸ் ஏல நிறுவனம் மாஸ்கோவிலேயே ஏலம் நடத்தியது, சோவியத் கலாசார அமைச்சகத்தின் ஒத்துழைப்போடு. ஓவியர் கிரிஷா புரூஸ்கினின் ஒரு படைப்பு 4 லட்சம் டாலருக்கு மேல் போனது. பதினான்கு வருஷத்துக்கு முன் புல்டோசர் அனுப்பிய அரசு இப்போது கமிஷன் வாங்குகிறது. இதன் பிறகு ‘இணங்காதவர்’ என்பது வாழ்நிலையாக இல்லாமல் விலைச்சீட்டாகவும் ஆகிவிட்டது, ஏலப் பட்டியல்களில் அந்தச் சொல் இன்றைக்கும் அப்படித்தான் வருகிறது. பலர் அதற்குள் வெளியேறியும் விட்டார்கள். மஸ்தெர்கோவா 1975, நெய்ஸ்வெஸ்த்னி 1976. ராபினை 1978இல் வெளியே விட்டு, பாரிஸில் இருக்கும்போதே குடியுரிமையைப் பறித்தார்கள். பாரிஸில் அவர் எண்பது வயதைத் தாண்டியும் வரைந்தார். அந்தப் படங்களை ‘இணங்கா ஓவியர் ராபினின் பிற்காலப் படங்கள்’ என்று சொல்லலாம், ‘இணங்காக் கலை’ என்று சொன்னால் யாருக்கு இணங்காமல் என்ற கேள்வி வரும். தொண்ணூறுகளில் வந்த இளைஞர்களுக்கு இந்தச் சொல்லை ஒட்டவே கூடாது.

கூடவே கேட்டிருந்த சில்லறைச் சொற்கள்: பல குடும்பங்கள் ஆளுக்கு ஓர் அறையில் இருந்துகொண்டு ஒரே சமையலறையைப் பங்குபோடும் அந்த மாஸ்கோ வீட்டுக்கு ‘கூட்டுக் குடியிருப்பு’ என்று புதிதாக எதற்கு? ‘ஒண்டுக்குடித்தனம்’ இருக்கிறதே. கபகோவின் சமையலறைப் படங்களில் பாத்திரத்தையும் ஈயையும் காட்டி ‘இது யாருடையது’ என்று கேட்கும் குரல்கள் அந்தச் சொல்லோடு தமிழில் உடனே கேட்கும். வீடுகளுக்குள் நடந்த காட்சிகளுக்கு ‘வீட்டுக் கண்காட்சி’ போதும். ஓவியர்கள் கோமாரும் மெலமிதும் 1972 வாக்கில் தொடங்கிய ‘சோட்ஸ் ஆர்ட்’டை அப்படியே விடலாம் என்பது என் கட்சி. சோசலிசத்தின் முதல் அசையையும் பாப் ஆர்ட்டையும் சேர்த்துச் செய்த கேலிப்பெயர் அது, மொழிபெயர்த்தால் கேலி செத்துவிடும். இதில் மாற்றுக் கருத்து இருப்பவர்கள் சொல்லைப் போட்டுக் காட்டுங்கள், தலைப்பைத் தனி இழையாகப் பிரித்தால் தேட வசதி.