நிழல்தின்னிக் கழி: ஞாயித்துக்கிழமை பகடை ஆட்டக் குழு

[மாலை 6:10] தண்டையார்பேட்டை அண்ணன் (டிஎம், கதை சொல்லி ஆட்டத்த நடத்துறவரு): இந்த ஞாயிறு ஆட்டத்துல எல்லாரும் நிழல்தின்னிக் கழிங்குற சேத்து உப்பங்கழியத் தாண்டணும். மேக்குக் கரையில இருந்து கிழக்க இருக்குற உப்புக்கோட்டைக்கு, 3 கிலோமீட்டர். மந்திரம் ஒண்ணே ஒண்ணு. ரத்தம் ஓடுற உடம்போட நிழல் ஒரே எடத்துல 3 மூச்சு விழுந்தா அந்தச் சேறு கூழாயிடும். நிழல் விலகுனா திரும்ப இறுக 20 மூச்சு. ஓட்டை இருந்தா இப்பவே சொல்லுங்க.

[6:12] திருவொற்றியூர் தம்பி: உச்சி வெயில்ல போயிடலாமேண்ணா. அப்ப நிழலே இருக்காது.

[6:15] ராயபுரம் அக்கா: இருக்கும் தம்பி, காலுக்கு அடியிலயே இருக்கும். நடந்துக்கினே இருந்தா ஒண்ணும் ஆகாது. நின்னா மூணாவது மூச்சுல முழங்கால் உள்ள. காயத்துக்குக் கட்டு போட, வரைபடம் பாக்க, வில்லு வளைக்க, எதுக்கும் நிக்க முடியாது. அண்ணா, சண்டை வைக்கிறதா இருந்தா மத்தியானத்துல வைங்க. நின்ன எடத்துல வாள் வீசுறவங்க மொதல்ல மாட்டுவாங்க.

[6:19] ராயபுரம் அக்கா: காலைல கிழக்க பாத்து நடந்தா நிழல் பின்னாடி விழும், நல்லது. சாயந்திரம் அதே திசையில போனா முன்னாடி விழும். சூரியன் 30 டிகிரி உயரத்துல இருந்தா அஞ்சரை அடி ஆளுக்கு ஒன்பதரை அடி நிழல். சேத்துல மூச்சுக்கு 2 அடிதான் நடக்க முடியும். தலை நிழல் பட்ட எடத்துக்குக் கால் போய்ச் சேர அஞ்சு மூச்சு ஆயிடுது. வைக்கிற ஒவ்வொரு அடியும் ஏற்கெனவே கூழான எடத்துலதான்.

[6:22] அண்ணன் (டிஎம்): அதே கணக்குதான் வரிசைக்கும். கிழக்க போறப்ப ஒருத்தர் பின்னாடி ஒருத்தர் போகக் கூடாது. முன்னாடி போறவரு நிழல் பின்னாடி வர்றவரு பாதையத்தான் கூழாக்கிக்கினு போகும். பக்கம் பக்கமா, கை நீட்டுனா எட்டுற தூரத்துல, இடுப்புல கயிறு கட்டி நடக்கணும். வடக்கு தெக்கா வளையுற குறுகலான எடத்துல ஒத்தை வரிசை போலாம், நிழல் பக்கத்துல விழுந்து நகந்துடும். ஆனா திரும்பக் கிழக்க வளையுறதுக்கு முன்னாடியே பக்கம் பக்கமா விரிஞ்சுடணும். என் கணிப்புல அந்த வளைவுலதான் ஆள் போவும்.

[6:23] தம்பி: ராத்திரி? அப்ப ஊரே நிழல்தானே?

[6:25] அண்ணன் (டிஎம்): விளிம்பு தெரியாத நிழல் கணக்குல வராது. அமாவாசை, கனத்த மேகம் ரெண்டுலயும் சேறு கெட்டியா இருக்கும். பந்தம் கொளுத்துனா நாமளே நிழலை உண்டாக்குன மாதிரி. அமாவாசைக்குன்னே கொள்ளிவாய்ப் பிசாசு வச்சிருக்கேன்.

[6:31] காட்டுக்குப்பம் சித்தப்பா: கொள்ளிவாய்க்கு முன்னாடியே அடையாளம் குடுப்பா. காத்து போவாத அடிச்சேத்துல இலைதழ மக்குனா மீத்தேன் ஊறும், குமிழி குமிழியா மேல வரும். கூடவே அழுகுன முட்ட நாத்தம், அது ஹைட்ரஜன் சல்பைடு. காத்த விட கனம், பள்ளத்துல தேங்கும். அளவு ஏறிச்சுன்னா மூக்கு மரத்துடும். நாத்தம் திடீர்னு நின்னா வாயு போயிடுச்சுன்னு நெனைக்கக் கூடாது. ஒடனே மேட்டுக்கு ஏறணும்.

[6:33] அண்ணன் (டிஎம்): அப்படியே எடுத்துக்குறேன் சித்தப்பா. குமிழி, அப்புறம் நாத்தம். நாத்தம் நின்ன பத்தாவது மூச்சுல முழங்கால் ஒசரத்துல நீலத் தீ.

[6:36] ராயபுரம் அக்கா: அந்த ஒசரத்துல தீ இருந்தா நிழல் ரொம்ப நீளம். பயந்து திரும்பி ஓடுனா நிழல் முன்னாடி விழும், முடிஞ்சுது. தீயப் பாத்து நடக்குறவங்கதான் பொழைப்பாங்க. ரெண்டு பக்கமும் தீ வந்தா மல்லாக்கப் படுத்துடணும். நிழல் குறுகும், எடையும் பரவும்.

[6:41] சித்தப்பா: சேறு தலை வரைக்கும் முழுங்கும்னு போன வாரம் எழுதிருந்த. அத மாத்து. சேறு ஒடம்ப விட கனம். இடுப்பு வரைக்கும் எறங்குவான், அப்புறம் மெதப்பான். ஆளக் கொல்றது ஓதம், கடல் தண்ணி ஏறி எறங்குறது. வத்துனதுல இருந்து ஏறி முடிய ஆறு மணி நேரத்துக்குக் கொஞ்சம் மேல. நாளுக்கு 50 நிமிஷம் தள்ளிப் போவும். கைய புடிச்சு வெடுக்குனு இழுத்தா வராது, தோள்பட்டதான் கழண்டுக்கும். பின்னாடி சாஞ்சு, கால மெதுவா வட்டமா ஆட்டணும். தண்ணி உள்ள போனாதான் சேறு விடும். ஒவ்வொரு காலா எடுக்கணும்.

[6:43] ராயபுரம் அக்கா: தூக்க வர்றவங்க சூரியனுக்கும் சிக்குனவருக்கும் நடுவுல நிக்கக் கூடாது. அவங்க நிழல் மேல விழுந்தா இன்னும் இளகும்.

[6:46] அண்ணன் (டிஎம்): சரி. 20 முகப் பகடையில, சிக்குனவர எடுக்க வெறும் கயித்து இழுவைக்கு 18-ஆவது விழணும், சித்தப்பா சொன்ன முறைக்கு 10 போதும்.

[6:48] தம்பி: மரத்துக்கு ரத்தம் இல்லல்ல? அப்ப மர நிழல்ல நின்னா நம்ம நிழல் அதுல கரைஞ்சுடும். அங்கயே இளைப்பாறிக்கலாமே?

[6:50] அண்ணன் (டிஎம்): சரியா புடிச்ச. கழியில இளைப்பாற அந்த எடம் மட்டுந்தான்.

[6:53] சித்தப்பா: அப்போ அங்க தில்லை மரத்த வைப்பா. அலையாத்திக் காட்டுல நெசமாவே இருக்குறது. கெளைய ஒடிச்சா வெள்ளப் பால் வடியும். தோல்ல பட்டா கொப்புளம், கண்ணுல பட்டா பார்வையே போவும். சாயலாம், ஒடிக்கக் கூடாது, அந்த வெறக எரிக்கவும் கூடாது, பொகையும் கண்ணுக்கு ஆவாது.

[6:58] அண்ணன் (டிஎம்): வச்சாச்சு. இப்ப நேரக் கணக்கு. மூச்சுக்கு 4 விநாடி, 2 அடி. மணிக்கு 1800 அடி. 3 கிலோமீட்டருக்கு அஞ்சரை மணி நேரம். ஓதம் வத்துறது 5 மணிக்கு, ஏறி முடியுறது 11:15-க்கு.

[7:01] ராயபுரம் அக்கா: வெளிச்சம் வந்த ஒடனே 5:30-க்குக் கிளம்புனாதான் 11 மணிக்குக் கரை. தில்லை நிழல்ல ஒரு தடவ கால் மணி நேரம் உக்காரலாம். ரெண்டாவது தடவ உக்காந்தா கடைசி தூரம் தண்ணிக்குள்ள. அது எல்லாருக்கும் தெரியுற மாதிரி பலகையிலயே ஓத நேரத்த எழுதி வைங்கண்ணா, மறைச்சு வைக்காதீங்க.

[7:02] அண்ணன் (டிஎம்): எழுதிடுறேன்மா. சூரியன் எந்தப் பக்கம்னு ஒவ்வொரு மணிக்கும் அம்புக்குறியும் போட்டுடுறேன்.