மறுமொழி: 'திறந்த கொத்து' வேண்டாம், 'கோளக் கொத்து'ம் வேண்டாம்

அன்பு நண்பர்களுக்கு,

வணக்கம். மூன்று நாளில் வந்த மடல்கள் எல்லாவற்றையும் நேற்றிரவு உட்கார்ந்து படித்தேன். நம் வானியல் கையேடு வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போகிறது. விண்மீன் கூட்டங்களில் இரண்டு வகை: தளர்வான open cluster, உருண்டையான globular cluster. இவற்றைத் தமிழில் 'திறந்த கொத்து', 'கோளக் கொத்து' என்றே போடலாமா என்பதுதான் கேள்வி. இந்த இரண்டு சொற்களுக்காக மட்டும் பதினோராம் பக்கம் இன்னும் வெள்ளையாகக் கிடக்கிறது. அதனால் கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன்.

முதலில் 'கோளக் கொத்து'. கலைக்களஞ்சியத்தில் ஏறிவிட்ட சொல், ஏன் மாற்ற வேண்டும் என்று சேலத்து நண்பர் கேட்டிருக்கிறார். போன வாரம் வகுப்பில் அதே சொல்லைத்தான் பலகையில் எழுதினேன். எட்டாம் வகுப்புப் பெண் ஒருத்தி எழுந்து, "சார், அப்போ வியாழன், சனி எல்லாம் கொத்தா ஒரே இடத்துல இருக்குமா?" என்று கேட்டாள். அவள் கேட்டதில் தவறே இல்லை. 'கோளம்' வடமொழி வழி வந்த உருண்டை, 'கோள்' தமிழில் கொள்ளுவது என்று நமக்குத் தெரியும். ஆறாம் வகுப்பிலிருந்து கோள், துணைக்கோள், குறுங்கோள் என்றே படித்து வந்த பிள்ளைக்கு 'கோளக்' என்றதும் வேறு எது நினைவுக்கு வரும்?

'திறந்த கொத்து' இன்னும் மோசம். எது மூடியிருந்தது, யார் திறந்தார்கள்? தொலைநோக்கியில் பார்த்தால் விண்மீன்கள் தனித்தனியாக, இடைவெளி விட்டுத் தெரிகின்றன என்பதுதான் செய்தி. அது அந்தச் சொல்லில் இல்லை.

இனி, 'ஆரல்' என்றே வைக்கலாம் என்று வந்த மடல்:

> கார்த்திகைக்கு 'ஆரல்' என்ற பழம்பெயர் 'ஆறு' என்ற எண்ணிலிருந்து வந்ததே. ஆகவே கொத்துகள் அனைத்தையும் 'ஆரல்' எனலாம்.

ஐயா, உங்கள் படிப்பின் மேல் எனக்கு மிகுந்த மதிப்பு உண்டு. ஆனால் ஆரலில் இடையின ரகரம், ஆறில் வல்லின றகரம். அந்தப் பாலத்தைத் தாண்ட எனக்கு வழி தெரியவில்லை. 'அறுமீன்' என்பதில்தான் ஆறு ஐயமில்லாமல் இருக்கிறது. 'மதி நிறைந்து அறுமீன் சேரும்' என்கிறது அகநானூறு 141. சிந்துவெளி எழுத்தில் ஆறு கோடும் மீன் குறியும் சேர்ந்து வருவதைப் பின்லாந்து அறிஞர் அஸ்கோ பார்ப்போலா அறுமீன் என்று படித்ததும் இதை ஒட்டியே. அதைத் தனி இழையில் பேசலாம். நானும் வருகிறேன், ஆசைதான்.

ஆனால் ஐயா சொன்னதைத் தேடப் போய் வேறொன்று கிடைத்தது. மலைபடுகடாத்தில் 'அகலிரு விசும்பின் ஆஅல் போல' என்று ஓர் அடி. கார்த்திகை மீன்களைப் போல முசுண்டைக் கொடி வெள்ளை வெளேரென்று பூத்திருக்கிறதாம். கொடியில் அங்கொன்றும் இங்கொன்றுமாக வெள்ளைப் பூ. கார்த்திகை மாத இரவில் மாடிக்குப் போய்ப் பார்த்தால் அப்படியேதான் இருக்கும். வெறுங்கண்ணுக்கு ஆறு. 1610இல் கலீலியோ தொலைநோக்கியைத் திருப்பியதும் கூடவே நாற்பதுக்கும் மேல் தெரிந்தன. அவற்றில் 36ஐ வரைந்து வெளியிட்டார். வெறுங்கண்ணுக்குத் தெரியும் அந்த ஆறும் தற்செயலாக ஒரே திசையில் அமைய 4,96,000இல் ஒரு வாய்ப்புத்தான் என்று 1767இல் ஆங்கிலேய அறிஞர் ஜான் மிச்செல் கணக்குப் போட்டார். அதாவது அவை உண்மையிலேயே சேர்ந்து பிறந்த கூட்டம். ஆனால் இறுகிய கூட்டம் அல்ல. கோடிக்கணக்கான ஆண்டுகளில் ஒவ்வொன்றாகக் கழன்றுபோகும்.

பூக்கடையில் இதற்குச் சொல் தயாராக இருக்கிறது: உதிரிப்பூ. கட்டாத, இறுக்காத பூ. அதனால் 'உதிரிக்கொத்து' என்று முன்வைக்கிறேன். இருக்கிற நிலையையும் சொல்கிறது, இனி உதிரப்போவதையும் சொல்கிறது.

மற்றதற்கும் பூக்கடைக்கே போகலாம். மே மாத இரவில் தெற்கே தாழ்வாக, கண்ணுக்கே மங்கலான பொட்டாகத் தெரியும் ஒமேகா சென்டாரி என்ற கோளக் கொத்தைப் பள்ளி மாடியில் தொலைநோக்கி வைத்துக் காட்டினேன். நடுவில் பிரிக்கவே முடியாத நெருக்கம், ஓரத்துக்கு வர வர இழை இழையாக விடுபடும் மீன்கள். வரிசையில் நின்ற பையன் ஒருவன் "செண்டுமல்லி மாதிரி இருக்கு சார்" என்றான். அடுத்த நாள் காலையில் ஒரு செண்டுமல்லியைக் கையில் வைத்துக் கொஞ்ச நேரம் பார்த்தேன். நடுவில் இதழ்கள் விரல் நுழையாதபடி நெருங்கி, விளிம்பில் தளர்ந்து, மொத்தத்தில் ஓர் உருண்டை. செண்டு என்றால் பந்து என்ற பொருளும் நம்மிடம் உண்டு. 1789இல் வில்லியம் ஹெர்ஷல் இந்த வகைக்குப் பெயர் வைத்தபோது அந்த உருண்டை வடிவத்தைத்தான் பிடித்தார். ஆக, 'செண்டுக்கொத்து'.

சொல்லில் இவ்வளவு கவனம் எதற்கு என்று இரண்டு பேர் கேட்டிருக்கிறீர்கள். இதே ஒமேகா சென்டாரியை ஒரு விண்மீன் என்று நினைத்து 1603இல் ஜெர்மானிய வான்பட வரைஞர் பேயர் கிரேக்க எழுத்துக் கொடுத்தார். 1677இல் செயின்ட் ஹெலினா தீவிலிருந்து பார்த்த ஹாலி, அது வெறும் விண்மீன் இல்லை என்று குறித்தார். சுமார் ஒரு கோடி விண்மீன்கள் அதில் இருக்கின்றன என்று இப்போது தெரியும். ஆனாலும் ஒற்றை விண்மீனுக்கு வைத்த பெயரேதான் இன்றும். ஒட்டிவிட்ட பெயர் அவ்வளவு லேசில் போகாது.

உங்கள் மறுப்புகளுக்கு வருகிறேன்.

> உதிரி என்றால் உதிரி பாகம். மேலும் உதிர்ந்தது கொத்தாகாது, கொத்தானது உதிரியாகாது. சொல்லே தன்னை மறுக்கிறது.

உதிரி பாகம் நினைவுக்கு வரும், உண்மை. ஆனால் 'விண்மீன்' முன்னால் நிற்கும்போது யாருக்கும் மோட்டார் கடை தோன்றாது. முரண் என்கிறீர்கள், அந்த முரண் வானத்திலேயே இருக்கிறது. சேர்ந்திருந்தும் பிரிந்துகொண்டிருக்கும் கூட்டம் அது.

> 'இணர்' இருக்க 'கொத்து' ஏன்? இணர்தான் தூய சொல்.

அம்மா, பூங்கொத்தைக் குறிக்கும் இணர் எனக்கும் பிடித்த சொல். 'இணர்ஊழ்த்தும் நாறா மலரனையர்' என்ற குறளையும் காட்டியிருக்கிறீர்கள். அதே குறள், கற்றதைப் பிறர் உணரும்படி விரித்துச் சொல்ல முடியாதவரைப் பற்றியதுதானே? எட்டாம் வகுப்புக்கு இணரைப் போட்டால் முதலில் இணருக்குப் பாடம் நடத்த வேண்டியிருக்கும்.

நாகர்கோவில் தம்பி, உங்கள் ஊரில் அது கேந்திப்பூ, செண்டு என்றால் புரியாது என்றீர்கள். இதற்கு என்னிடம் விடை இல்லை. பூச்செண்டு எல்லா ஊரிலும் புரியும் என்பதை மட்டும் சொல்லிக்கொள்கிறேன்.

மட்டக்களப்பு ஆசிரியை எழுதியதை இரண்டு முறை படித்தேன். கொத்துக்குண்டு விழுந்த ஊர்ப் பிள்ளைகளுக்குக் 'கொத்து' வேறு ஒன்றை நினைவூட்டும் என்கிறார். 'கொத்தணி' அங்கே பள்ளிக்கொத்தணி, கொரோனாக் கொத்தணி என்று பழகிய சொல். விண்மீனைக் குறிக்கும் உடு, உடுத்தொகுதி என்பவையும் அவர்கள் பாடநூல் சொற்கள். அவர்களுக்கு 'உடுக்கொத்தணி'தான் சரி. நாம் இங்கிருந்து திருத்தப் போக வேண்டாம்.

'திரள்' என்று மூன்று பேர் கேட்டீர்கள். வெண்ணெய் திரள்வது போல என்று எனக்கும் முதலில் ஆசையாக இருந்தது. ஆனால் பால்வெளி போன்ற பேரமைப்புகளையே 'விண்மீன் திரள்' என்று சொல்லும் வழக்கம் வேரூன்றிவிட்டது. மறுபடி குழப்ப முடியாது.

சரி, எண்ணிப் பார்த்தேன். உதிரிக்கொத்துக்கு ஒன்பது பேர், எதிர்ப்பு இரண்டு. அது அச்சுக்குப் போகிறது. மற்றதற்குச் செண்டு நான்கு, கோளம் ஐந்து, 'பந்துக்கொத்து' ஆறு. 'பந்து போதும், விடுங்கள், தூக்கம் வருகிறது' என்று வந்த மடலையும் ஆறில் சேர்த்திருக்கிறேன். பந்துக்கொத்து என்றே போடுகிறேன். செண்டை நான் விடவில்லை. அடுத்த பதிப்புக்கு மறுபடி கேட்பேன்.

ஒன்று மிச்சம். பந்துக்கொத்தின் நடுவே மிக நெருக்கமாக இருக்கும் பகுதிக்குப் படக்குறிப்பில் 'கரு' என்று எழுதியிருக்கிறேன். அணுக்கருவோடு குழம்புமா? உட்பகுதி என்ற பொருளில் 'அகடு' பொருந்துமா? இன்றிரவுக்குள் யாராவது சொல்லுங்கள்.

அன்புடன்.