விரலில் சின்ன வெட்டு: எஸ்60-ஆ, எஸ்61-ஆ? கடைசி இலக்கத்தில் குழப்பம்

புதுகோடர்_திருச்சி
அமெரிக்க இடி (அவசர சிகிச்சைப் பிரிவு) சார்ட் ஒன்று, ஐசிடி-10-சிஎம் நோய்க் கோடு போட வேண்டும் (எஸ்60 மேலோட்டக் காயம், எஸ்61 திறந்த காயம்). டாக்டர் குறிப்பில் உள்ளது இவ்வளவுதான்: வீட்டுச் சமையலறையில் காய் நறுக்கும்போது கத்தி பட்டு இடது மோதிர விரலில் 2 செ.மீ. லேசரேஷன் (வெட்டுக்காயம்). நகத்துக்குச் சேதம் இல்லை, உள்ளே அந்நியப் பொருள் இல்லை. வெட்டை ஒட்டி அதே விரலில் சிராய்ப்பு. வலது கட்டை விரலிலும் ஒரு சிராய்ப்பு. ஒற்றை அடுக்கில் 3 தையல்.

இதற்கு எஸ்61.214ஏ (வெட்டு), எஸ்60.414ஏ (அதே விரல் சிராய்ப்பு), எஸ்60.312ஏ (கட்டை விரல் சிராய்ப்பு) என்று மூன்று கோடு வருமா? பத்து நாள் கழித்து அதே ஆள் தையல் பிரிக்க வந்தால் இசட்48.02 மட்டும் போதுமா?

ஆடிட்_மேசை
மூன்றில் ஒன்றுகூட அப்படியே நிற்காது. வகை சரிதான், இலக்கம்தான் புரண்டிருக்கிறது.

எஸ்61.21- வரிசையில் ஆறாவது இலக்கம் இப்படிப் போகும்: 0 வலது ஆள்காட்டி, 1 இடது ஆள்காட்டி, 2 வலது நடு, 3 இடது நடு, 4 வலது மோதிரம், 5 இடது மோதிரம், 6 வலது சுண்டு, 7 இடது சுண்டு. அதாவது இரட்டைப்படை வலது, ஒற்றைப்படை இடது. உங்கள் சார்ட்டுக்கு எஸ்61.215ஏ.

கட்டை விரல் இந்த வரிசையிலேயே இல்லை. அதற்குத் தனி உபவகை: லேசரேஷன் என்றால் எஸ்61.01-, சிராய்ப்பு என்றால் எஸ்60.31-. அங்கே 1 வலது, 2 இடது. மற்ற விரல்களின் கணக்கை அப்படியே தலைகீழாகப் போட்ட மாதிரி. வலது கட்டை விரல் சிராய்ப்பு எஸ்60.311ஏ. பிழை அதிகம் நுழைவது இந்த இடத்தில்தான், ஏனென்றால் தப்பான கோடும் செல்லுபடியாகும் கோடுதான். சாஃப்ட்வேர் சிவப்பு காட்டாது, கிளைம் (காப்பீட்டுக்குப் போகும் பில்) சத்தமில்லாமல் எதிர்க்கை பெயரில் போய்விடும்.

மோதிர விரல் சிராய்ப்பைப் போடவே வேண்டாம். ஒரே இடத்தில் பெரிய காயம் இருக்கும்போது அதோடு சேர்ந்த மேலோட்டக் காயத்தைத் தனியாகக் கோடு செய்யக் கூடாது என்று ஐசிடி கோடிங் வழிகாட்டியின் 19-ஆம் அத்தியாயப் பகுதியிலேயே இருக்கிறது. கட்டை விரல் வேறு இடம், அதனால் அது நிற்கும். ஆக இரண்டே கோடு, எஸ்61.215ஏ முதலில்.

தையல் பிரிக்க வரும்போது இசட்48.02 வேண்டாம். காயத்துக்கான பின்பராமரிப்பை இசட் கோடில் சொல்வதில்லை, அதே காயக் கோடை ஏழாம் எழுத்து மாற்றிப் போட வேண்டும்: எஸ்61.215டி. ஏ என்றால் முதல் வருகை என்று மனப்பாடம் செய்துவிட வேண்டாம். அது தீவிர சிகிச்சை நடக்கும் கட்டம். இடியில் பார்த்துவிட்டு அடுத்த வாரம் கை சர்ஜனிடம் ரிப்பேருக்கு அனுப்பினால் அங்கேயும் ஏ-தான்.

சிபிடி_பக்கம்
தையலுக்கான சிபிடி கோடையும் (சிகிச்சைச் செயல்முறைக்கான கோடு) சேர்த்துச் சொல்லிவிடுகிறேன். கை விரலில் சிம்பிள் ரிப்பேர் (ஒற்றை அடுக்குத் தையல்) 2.5 செ.மீ. வரை 12001, 2.6 முதல் 7.5 வரை 12002. ஒரே வகை ரிப்பேர் இரண்டு விரலில் நடந்தால் நீளத்தைக் கூட்ட வேண்டும்: 2 செ.மீ.யும் 1.5 செ.மீ.யும் சேர்ந்தால் 3.5, ஆகவே ஒரு 12002. இரண்டு 12001 போட்டால் டினையல் (பில் நிராகரிப்பு). ஆழமான அடுக்கையும் சேர்த்துத் தைத்தால் உங்கள் 2 செ.மீ. வெட்டு 12041-க்குப் போகும். ஒற்றை அடுக்காக இருந்தாலும், மிகவும் அழுக்கான காயத்தை விரிவாகச் சுத்தம் செய்து மூடியிருந்தால் அதற்கும் அதேதான். ஆனால் அந்தச் சுத்தம் செய்த விவரம் குறிப்பில் எழுதப்பட்டிருக்க வேண்டும்.

ஸ்டெரி-ஸ்ட்ரிப் (ஒட்டுப் பட்டை) மட்டும் ஒட்டியிருந்தால் ரிப்பேர் கோடே கிடையாது, இ/எம்-மில் (டாக்டர் பரிசோதித்ததற்கான கோடு) அடக்கம். பசை மட்டும் என்றால் மெடிகேருக்கு (அமெரிக்க அரசின் முதியோர் காப்பீடு) ஜி0168.

புதுகோடர்_திருச்சி
நன்றி சார். இன்னொரு சார்ட்டில் டாக்டர் "மூன்றாவது விரல்" என்று மட்டும் எழுதியிருக்கிறார், எந்தக் கை என்றே இல்லை. நர்ஸின் டிரையாஜ் (வந்தவுடன் எடுக்கும் முதல் மதிப்பீடு) குறிப்பில் "இடது கை" இருக்கிறது. கதவு இடுக்கில் மாட்டி நகம் கறுத்து, நகத்தில் துளையிட்டு ரத்தம் எடுத்திருக்கிறார்கள். எக்ஸ்ரே ரிப்போர்ட் இன்னும் வரவில்லை. எஸ்60.- குறிப்பிடப்படாத விரல் என்று முடித்துவிடலாமா?

ஆடிட்_மேசை
முடிக்க வேண்டாம், இதில் மூன்று முடிச்சு இருக்கிறது.

பக்கம்: டாக்டர் எழுதாவிட்டால் மற்ற மருத்துவப் பணியாளரின் பதிவிலிருந்து வலது/இடது எடுத்துக்கொள்ள வழிகாட்டி அனுமதிக்கிறது. இரண்டும் முரண்பட்டால் டாக்டரிடம் கொரி (விளக்கம் கேட்கும் கேள்வி). ஆகவே "இடது" கிடைத்துவிட்டது.

விரல்: அந்த அனுமதி பக்கத்துக்கு மட்டும். எந்த விரல் என்பதை நாமாக ஊகிக்கக் கூடாது. கட்டை விரலை ஒன்றாக எண்ணினால் மூன்றாவது நடுவிரல். ஆள்காட்டியிலிருந்து எண்ணினால் மோதிர விரல். சிபிடி விரல் மாடிஃபையர்கள் (கோடோடு சேர்க்கும் குறிகள்) கட்டை விரலிலிருந்து எண்ணுகின்றன (இடது கை எஃப்ஏ, எஃப்1 முதல் எஃப்4, வலது கை எஃப்5 முதல் எஃப்9). டாக்டரும் அப்படித்தான் எண்ணினார் என்பதற்கு உத்தரவாதமில்லை. கொரி அனுப்புங்கள், "நடுவிரலா, மோதிர விரலா" என்று இரண்டையும் வைத்து. விடையைத் திணிக்கிற மாதிரிக் கேட்கக் கூடாது.

காயம்: தோல் கிழியாமல் நகத்தடியில் ரத்தக்கட்டு என்றால் அது நகச் சேதத்துடன் கன்ட்யூஷன் (கன்றிய காயம்), எஸ்60.1-. இடது நடுவிரல் என்று பதில் வந்தால் எஸ்60.132ஏ. இங்கேயும் 1 வலது, 2 இடது, ஏனென்றால் விரலுக்கான இலக்கம் ஐந்தாம் இடத்திலேயே வந்துவிட்டது. நகத்தில் துளையிட்டதற்கு 11740, எஃப்2-உடன். நகப்படுக்கையே கிழிந்திருந்தால் அது எஸ்61.3-, தைத்திருந்தால் 11760.

எக்ஸ்ரே ரிப்போர்ட் வரும்வரை கிளைமை நிறுத்தி வையுங்கள். கதவில் நசுங்கிய விரலில் நுனி எலும்பு முறிவு அபூர்வமல்ல. முறிவு இருந்தால் முதல் கோடு எஸ்62.6- ஆகிவிடும். முறிவின் மேல் திறந்த காயமும் இருந்தால், அது ஓப்பன் முறிவா என்பதை டாக்டர்தான் சொல்ல வேண்டும். ஓப்பன் என்றால் ஏழாம் எழுத்து பி, எஸ்61-ஐச் சேர்த்துப் போட முடியாது. அங்கே எக்ஸ்க்ளூட்ஸ்1 (இரண்டையும் சேர்த்துப் போடக் கூடாது என்ற குறிப்பு) இருக்கிறது.

இடி_கோடர்_கோவை
வெளிக்காரணக் கோடை யாரும் தொடவில்லையே. முதல் சார்ட்டுக்கு டபிள்யூ26.0எக்ஸ்எக்ஸ்ஏ (கத்தி). நான்கு இலக்கக் கோடு என்பதால் இரண்டு எக்ஸ் நிரப்பினால்தான் ஏ ஏழாம் இடத்தில் உட்காரும். எஸ்61.215-க்கு ஆறும் நிறைந்திருப்பதால் எக்ஸ் தேவையில்லை. அதோடு ஒய்92.010 தனிவீட்டுச் சமையலறை (சார்ட்டில் தனிவீடு என்று இருந்தால்), ஒய்93.ஜி1 உணவு தயாரிப்பு. ஒய்92 (இடம்), ஒய்93 (செயல்), ஒய்99 (வேலையா, சொந்த விஷயமா என்ற நிலை) மூன்றும் முதல் சிகிச்சையின்போது ஒரே முறை. தையல் பிரிக்கும்போது டபிள்யூ26.0எக்ஸ்எக்ஸ்டி மட்டும் தொடரும்.

தேசிய அளவில் இவை கட்டாயமில்லை, மாநிலமோ பேயரோ (பில்லுக்குப் பணம் தரும் நிறுவனம்) கேட்டால் கட்டாயம். ஆனால் அதே வெட்டு ஓட்டல் சமையல்காரருக்குப் பட்டிருந்தால் ஒய்99.0-ஐ (வருமானத்துக்கான வேலை) விடாதீர்கள். பில் போக வேண்டியது தொழிலாளர் இழப்பீட்டுக்கு, அவருடைய மருத்துவக் காப்பீட்டுக்கு அல்ல.

தடித்த காகித ஓரம் கீறியதற்கு டபிள்யூ26.2 என்று தனிக்கோடே உண்டு. மரச்சிலாம்பு ஏறியதை "அந்நியப் பொருளுடன் பங்க்சர்" (குத்துக்காயம்) என்று எஸ்61.24-இல் தள்ளுவதற்கு முன் இண்டெக்ஸைப் பாருங்கள்: ஸ்பிளிண்டர் என்று தேடினால் அது மேலோட்ட அந்நியப் பொருளுக்குத்தான் அனுப்பும், விரலுக்கு எஸ்60.45-.