ரெசிடென்ட் ஈவில் 2: லியோனின் உடையை மாற்றும் மாட் வேலை செய்யவில்லை, உதவி தேவை

குழித்துறை_தம்பி

எல்லோருக்கும் வணக்கம். 2019இல் வந்த ரெசிடென்ட் ஈவில் 2 ஹாரர் கேமின் மறு உருவாக்கத்தைத் தள்ளுபடியில் வாங்கினேன். அதன் நாயகன் லியோனின் போலீஸ் உடைக்குப் பதிலாக வேறு உடை போட ஒரு மாட் (கேமை மாற்ற ரசிகர்கள் செய்யும் ஃபைல்) இறக்கி, மாட்களைக் கேமில் சேர்க்கும் ஃப்ளஃபி மாட் மேனேஜரில் ஏற்றி டிக்கும் போட்டாயிற்று. இன்ஸ்டால் ஆகிவிட்டதாகவே காட்டுகிறது. கேமைத் திறந்தால் லியோன் பழைய உடையிலேயே நிற்கிறான். எரர் எதுவும் வரவில்லை, அதுதான் எரிச்சல்.

மாட் இறங்கிக்கொண்டிருந்தபோது கரண்ட் போய்விட்டது. இங்கே சாரல் காலத்தில் ஒரு ரப்பர் கிளை ஒடிந்து கம்பியில் விழுந்தால் போதும், திரும்ப எப்போது வரும் என்று யாரும் சொல்ல முடியாது. அதனால் ஃபைல் கெட்டுப்போயிருக்குமா?

இந்த மாட் வெறும் ஒத்திகைதான். இது ஓடிவிட்டால் அடுத்து நானே லியோனுக்குக் கட்டம் போட்ட சாரம் (லுங்கி) கட்டிவிடுவதாக இருக்கிறேன். மச்சான் லீவுக்கு வருகிறான், அவனிடம் வாய்விட்டுச் சொல்லிவிட்டேன்.

விண்டோஸ் 10, ராம் 8 ஜிபி, கிராஃபிக்ஸ் கார்டு 2 ஜிபி, பழசு.

திங்கள்சந்தை_ராக்கூன்

கரண்ட் போய் ஜிப் பாதியில் நின்றிருந்தால் மேனேஜரால் அதைத் திறக்கவே முடிந்திருக்காது. அதை விடு. மாட் ஜிப்பைத் திறந்து பார். உள்ளே நேட்டிவ்ஸ், அதற்குள் எக்ஸ்64 என்று ஃபோல்டர் இருந்தால் அது பழைய மாட். எக்ஸ்64 என்பதை எஸ்டிஎம் என்று மாற்று. ஃபைல் பெயரின் கடைசியில் இருக்கும் எண்ணையும் புதுசுக்கு மாற்று, டெக்ஸ்.10 என்று இருப்பதை டெக்ஸ்.34 ஆக்கு. முடிந்தது.

குழித்துறை_தம்பி

எக்ஸ்64தான் இருந்தது அண்ணே. சொன்னபடி எல்லாவற்றையும் மாற்றினேன். இப்போது லோடிங் திரையிலேயே கேம் மூடிக்கொள்கிறது. முன்பாவது பழைய சட்டையோடு விளையாட முடிந்தது.

நாஞ்சில்_பிக்சல்

தம்பி, முதலில் அந்த மாட்டை மேனேஜரில் டிக் எடுத்து நீக்கு. கேம் ஃபோல்டரில் நேட்டிவ்ஸ் என்று ஏதாவது மிச்சம் கிடந்தால் அதையும் அழி. வேறு எதையும் தொடாதே.

ராக்கூன் நோயைச் சரியாகத்தான் பிடித்தார், மருந்துதான் பொருந்தவில்லை. 2022 ஜூனில் கேமைச் செய்த கேப்காம் நிறுவனம் இதற்கு ஒரு பெரிய அப்டேட் விட்டது. ஒளியை நிஜம் போலக் காட்டும் ரே ட்ரேசிங் வந்தது, கேம் கிராஃபிக்ஸ் கார்டோடு பேச உதவும் டைரக்ட்எக்ஸ் 11இலிருந்து 12க்கு மாறியது. கூடவே கேமின் எஞ்சினும் புதிய பதிப்புக்குப் போய்விட்டது. பழைய கேம் எக்ஸ்64 ஃபோல்டரில் தேடும், புதியது எஸ்டிஎம் ஃபோல்டரில் தேடும். உன் மாட் எக்ஸ்64இல் உட்கார்ந்திருந்ததால் புதிய கேம் அதைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. எரர் வராததற்கு அதுதான் காரணம், அதன் கண்ணில் அப்படி ஒரு ஃபைலே இல்லை.

கடைசியில் வரும் எண் அழகுக்குப் போட்டதல்ல. அது ஃபைலின் உள்ளமைப்பு எந்தப் பதிப்பு என்பதைச் சொல்கிறது. டெக்ஸ்சர் (மேலே ஒட்டும் படம்), மெஷ் (உருவத்தின் வடிவம்), மெட்டீரியல் (பரப்பின் தன்மை) மூன்றுக்கும் தனித்தனி எண். பெயரை மட்டும் மாற்றினால் உள்ளே இருப்பது பழைய அமைப்புதான். கேம் நம்பித் திறக்கிறது, எதிர்பார்த்த இடத்தில் எதிர்பார்த்த தகவல் இல்லை, விழுந்துவிடுகிறது. முறையாக மாற்ற வேண்டுமென்றால் ஒவ்வொரு ஃபைலையும் அதற்கான கருவியில் திறந்து புதிய வடிவத்தில் சேமிக்க வேண்டும்.

உனக்கு அந்தத் தலைவலி வேண்டாம். ஒரே ஒரு கேள்வி: ஸ்டீம் ஆன்லைன் கடையில் வாங்கியதா, இல்லை கடையில் பென் டிரைவில் ஏற்றித் தந்ததா? உண்மையைச் சொல், வழி அதைப் பொறுத்தது.

குழித்துறை_தம்பி

ஸ்டீம்தான், சத்தியமாக. பென் டிரைவ் காலம் பள்ளிக்கூடத்தோடு போயிற்று.

நாஞ்சில்_பிக்சல்

அப்படியென்றால் சுலபம். பழைய மாட்களும் பழைய கார்டுகளும் வைத்திருப்பவர்களுக்காக டைரக்ட்எக்ஸ் 11 பதிப்பை ஸ்டீமிலேயே தனிக் கிளையாகக் கேப்காம் விட்டு வைத்திருக்கிறது. லைப்ரரியில் கேமின் மேல் ரைட் கிளிக், ப்ராப்பர்ட்டீஸ், பீட்டாஸ். அங்கே டிஎக்ஸ்11_நான்-ஆர்டி என்று இருக்கும், அதைத் தேர்ந்தெடு. உன் 2 ஜிபி கார்டு ரே ட்ரேசிங்கைக் கனவில்கூடத் தொடப் போவதில்லை, அதனால் உனக்கு இழப்பு ஒன்றுமில்லை. கேமும் கொஞ்சம் லேசாக ஓடலாம்.

ஆனால் ஒழுங்கு முக்கியம். கிளை மாறுவதற்கு முன்பே எல்லா மாட்டையும் நீக்கிவிட வேண்டும். அந்த மேனேஜர், கேமின் எல்லா ஃபைல்களையும் கட்டி வைத்திருக்கும் பெரிய பேக் ஃபைலுக்குள் போய், குறிப்பிட்ட பதிவுகளைச் செல்லாததாக்கிவிட்டு, வெளியே கிடக்கும் மாட் ஃபைலைப் படிக்க வைக்கிறது. மாட் ஏறியிருக்கும்போதே ஸ்டீம் அந்த பேக்கை மாற்றினால் மேனேஜரின் கணக்கு குழம்பிவிடும். நீக்கு, கிளை மாறு, கேம் ஃபைல்களைச் சரிபார்க்க ஸ்டீமில் வெரிஃபை கொடு, மேனேஜரில் கேம் ஆர்க்கைவ்களைத் திரும்பப் படிக்கச் சொல், அப்புறம் மாட்டை ஏற்று. பெயர் மாற்றிய ஜிப்பைத் தூக்கிப்போட்டுவிட்டு அசலையே மறுபடி இறக்கிக்கொள்.

சேவ் ஃபைலையும் (நீ விளையாடி நிறுத்திய இடத்தின் பதிவு) பிரதி எடுத்து வை. ஸ்டீம் ஃபோல்டரில் யூசர்டேட்டா, உன் எண், அதற்குள் 883710 என்ற ஃபோல்டர். அதை அப்படியே டெஸ்க்டாப்பில் போட்டுக்கொள்.

இரணியல்_இரவுக்காவல்

கிளை மாறும்போது ஜிபி கணக்கில் இறங்கும். மொபைல் ஹாட்ஸ்பாட்டில் ஆரம்பித்துவிடாதே மக்கா, அன்றைய டேட்டா அத்தோடு சரி. நடுவில் கரண்ட் போனாலும் ஸ்டீம் விட்ட இடத்திலிருந்து தொடரும், பயப்பட வேண்டாம்.

இன்னொன்று. மாட் என்று சொல்லி யாராவது இஎக்ஸ்இ ஃபைல் (நேரடியாக இயங்கும் புரோகிராம்) தந்தால் திறக்காதே. உடை மாற்றுவதற்கு இஎக்ஸ்இ எதற்கு?

குழித்துறை_தம்பி

அண்ணே, வந்துவிட்டது! போலீஸ் ஸ்டேஷனுக்குள் லியோன் புது உடையில் ஓடுகிறான். கேமும் முன்பு போல் திணறவில்லை.

ஆனால் புது கேம் ஆரம்பித்தால் பெட்ரோல் பங்க் காட்சியில் பழைய ஜாக்கெட்டோடுதான் இருக்கிறான். மாட் பாதிதான் ஏறியிருக்கிறதா?

நாஞ்சில்_பிக்சல்

முழுதாகத்தான் ஏறியிருக்கிறது. கேமில் லியோனுக்கு ஒரே உடை என்று நினைக்காதே. பெட்ரோல் பங்கில் சாதாரண உடை. ஸ்டேஷனுக்குள் மார்வின் என்ற போலீஸ்காரரைப் பார்த்த பிறகுதான் சீருடை. பின்னால் குண்டடிபட்டுக் கட்டுப் போட்ட பிறகு இன்னொரு கோலம். ஒவ்வொன்றும் தனி மாடல். உன் மாட் சீருடையை மட்டும் மாற்றுகிறது, கட்டுப் போட்ட பிறகு பழையபடி ஆனாலும் ஆச்சரியப்படாதே. மாட் பக்கத்தில் எதையெல்லாம் மாற்றுகிறது என்று எழுதியிருப்பார்கள், அதைப் படித்துவிட்டு இறக்குவது நல்லது.

சில மாட்கள் ஆர்க்லே ஷெரிஃப், நோயர் போன்ற டீலக்ஸ் பதிப்பு உடைகளின் மேல் உட்காரும். அந்த உடை உன்னிடம் இல்லாவிட்டால் மாட் ஏற்றியும் பயனில்லை. சாரத்துக்கு என் யோசனை: 2019 மார்ச்சில் இலவசமாகத் தந்த 98 உடை இருக்கிறது பார், பழைய பிளேஸ்டேஷன் காலத்துக் கட்டை உருவம், அதன் இடத்தில் வை. வேண்டும்போது அந்த உடையைத் தேர்ந்தெடுத்தால் போதும், அசல் சீருடையும் கெடாது.

திங்கள்சந்தை_ராக்கூன்

சாரம் கட்டினால் பயம் போய்விடுமே? ஹாரர் கேமை வாங்கிக் கல்யாண வீடாக்கப் பார்க்கிறாய்.

இரணியல்_இரவுக்காவல்

போகாது. கேமில் துரத்திக்கொண்டே வரும் ராட்சதன் மிஸ்டர் எக்ஸை கார்ட்டூன் தாமஸ் ரயிலாக மாற்றிய மாட் 2019இலேயே வந்தது. முதலில் சிரிப்பு, அப்புறம் பக்கத்து அறையில் சத்தம் கேட்டதும் அதே ஓட்டம்தான். அந்த கேமில் பயம் பாதி காதில் இருக்கிறது.

முட்டம்_கடல்காற்று

நான் பிளெண்டர் என்ற முப்பரிமாண மாடல் மென்பொருளில் வேலை செய்கிறவள், சாரம் விஷயத்தில் கொஞ்சம் சொல்கிறேன்.

தம்பி, டெக்ஸ்சர் மட்டும் மாற்றினால் ஜீன்ஸில் கட்டம் விழும், சாரம் ஆகாது. வடிவம் மாற மெஷ் வேண்டும். லியோனின் மெஷைப் பிளெண்டருக்குள் கொண்டுவர ஆட்-ஆன் வேண்டும், உன் டிஎக்ஸ்11 பதிப்பின் ஃபைலை அது ஏற்கிறதா என்று பார்த்துத் தேர்ந்தெடு. லியோன் பிஎல்0000, கேமின் நாயகி கிளேர் பிஎல்1000, ஃபோல்டர் தேடும்போது உதவும்.

அடுத்த முடிவு, சாரத்தை இறக்கிக் கட்டுவதா மடித்துக் கட்டுவதா. சாதாரண விஷயமாகத் தோன்றும், ஆனால் வேலையின் அளவு இதில்தான் இருக்கிறது. இறக்கிக் கட்டினால் கணுக்கால் வரை ஒரே குழாய். ஓடும்போது இரண்டு காலும் எதிரெதிர்த் திசையில் போகும், துணி நடுவில் மாட்டிக்கொள்ளும், முட்டி வெளியே துருத்தும். எந்தப் புள்ளி எந்தக் காலின் எலும்போடு எவ்வளவு நகர வேண்டும் என்று வெயிட் பெயிண்டிங்கில் பொறுமையாகப் பிரித்துக் கொடுக்க வேண்டும். முன்பக்க நடுவில் இரண்டு தொடைக்கும் பாதிப் பாதி கொடுத்துத் தொடங்கு.

மடித்துக் கட்டினால் முட்டிக்குக் கீழே தொல்லை இல்லை. ஆனால் அங்கே வேறு பள்ளம் இருக்கிறது: லியோனுக்குக் காலே கிடையாது. ஜீன்ஸுக்குள் மறைந்த உடம்பை யாரும் செய்து வைப்பதில்லை, பேண்ட்தான் கால். பேண்டை வெட்டினால் இடுப்புக்குக் கீழே காற்று. வெறுங்காலை வேறு மாடலிலிருந்து எடுத்து ஒட்டி, தோல் நிறத்தையும் ஒத்துப்போக வைக்க வேண்டும்.

முதல் முயற்சிக்கு இறக்கிக் கட்டு, பூட்ஸை அப்படியே விடு. ரப்பர் செருப்பு போட ஆசை வரும். விரல்கள் செய்ய வேண்டியிருக்கும், இப்போது வேண்டாம்.

துணி ஆடும் அசைவுக்குத் தனியாக செயின் என்ற ஃபைல் உண்டு. மிஸ்டர் எக்ஸின் நீளக் கோட்டைத் திறந்து பார், எலும்புகளை எப்படி வரிசையாகத் தொங்கவிட்டிருக்கிறார்கள் என்று புரியும். முதல் தடவை அது இல்லாமலே செய்.

குழித்துறை_தம்பி

அக்கா, இவ்வளவு இருக்கும் என்று நினைக்கவில்லை. பிளெண்டர் இறக்கிவிட்டேன். கட்டத்துக்கு வீட்டில் இருக்கும் சாரத்தை போட்டோ எடுத்தால் போதுமா? அப்பாவின் நீலக் கட்டம் இருக்கிறது.

முட்டம்_கடல்காற்று

போதும். வெயிலில் எடுக்காதே, நிழலில் தரையில் சுருக்கமில்லாமல் விரித்து நேர் மேலிருந்து எடு. ஒரு கட்டம் முழுதாகத் திரும்ப வரும் அளவு வெட்டி எடுத்தால் போதும். யூவி பிரிக்கும்போது, அதாவது படம் ஒட்டுவதற்காக உருவத்தைத் தட்டையாக விரிக்கும்போது, வெட்டுக் கோட்டைச் சாரம் மூட்டும் இடத்திலேயே வை, பின்பக்கமாக. கட்டம் அங்கே கொஞ்சம் விலகினாலும் நிஜத்திலும் அப்படித்தானே இருக்கும், யாரும் குறை சொல்ல மாட்டார்கள்.

இந்த எஞ்சினில் டெக்ஸ்சர் பெயரின் முடிவில் ஏஎல்பிஎம் என்று இருப்பது நிறம். அதன் ஆல்ஃபாவில் (நிறங்களோடு கூட வரும் நான்காவது அடுக்கு) உலோகத்தன்மை ஒளிந்திருக்கிறது. நிறத்தை மட்டும் ஒட்டு, ஆல்ஃபாவைத் தொடாதே. அது கெட்டால் சாரம் தகரம் போல மின்னும். என்ஆர்எம்ஆர் என்பது நார்மலும் (மேடு பள்ளம்) சொரசொரப்பும். ஜீன்ஸின் தையலும் பையும் அதில்தான் பதிந்திருக்கும், அதைச் சமதளமாக்காவிட்டால் சாரத்தில் ஜீன்ஸ் பாக்கெட் தெரியும்.

திங்கள்சந்தை_ராக்கூன்

இதற்குப் பேசாமல் வெள்ளை வேட்டி கட்டிவிடலாமே. கட்டம் பொருந்துகிற கவலை இல்லை, கரை மட்டும் போட்டால் போதும்.

முட்டம்_கடல்காற்று

கவலை வேறு மாதிரி வரும். இருட்டு ஸ்டேஷனில் டார்ச் வெளிச்சம் பட்டால் சுத்த வெள்ளை ட்யூப்லைட் மாதிரி எரியும். வேட்டி என்றால் வெள்ளையைக் கொஞ்சம் சாம்பலுக்கு இறக்கி, சற்றே மஞ்சளும் கலக்க வேண்டும். என் ஓட்டு சாரத்துக்குத்தான்.

குழித்துறை_தம்பி

அக்கா, கட்டிவிட்டேன்! படிக்கட்டில் ஏறும்போது இடது முட்டி எட்டிப் பார்க்கிறது, மற்றபடி சாரம் சாரமாகவே இருக்கிறது. ஒரே குறை, கேமரா விலகினால் கட்டமெல்லாம் பூச்சி பறப்பது போல மினுமினுக்கிறது. பக்கத்தில் வந்தால் சரியாக இருக்கிறது.

முட்டம்_கடல்காற்று

மிப்மேப் (தூரத்தில் காட்ட வைக்கும் சிறிய பிரதிகள்) இல்லாமல் சேமித்திருக்கிறாய். டெக்ஸ்சரை டிடிஎஸ் படமாக எக்ஸ்போர்ட் செய்யும்போது மிப்மேப் உருவாக்கச் சொல்லி டிக் போடு, சுருக்கும் முறை பிசி7. அப்படியும் மினுங்கினால் கட்டத்தைக் கொஞ்சம் பெரிதாக்கு, அப்பாவுக்குத் தெரிய வேண்டியதில்லை. முட்டிக்கு, அந்த இடத்தில் துணியை ஒரு விரலளவு வெளியே இழுத்துவிட்டு வெயிட்டை மிருதுவாக்கு.

நாஞ்சில்_பிக்சல்

ஜிப்பில் மாட்இன்ஃபோ ஃபைல் ஒன்று வைக்க மறக்காதே. பெயர், விளக்கம், ஒரு படம், அவ்வளவுதான். டிஎக்ஸ்11 கிளைக்கு மட்டும் என்று விளக்கத்தின் முதல் வரியிலேயே எழுதிவிடு. இல்லையென்றால் அடுத்த வாரம் எவனாவது வந்து லியோன் சாரம் கட்ட மறுக்கிறான் என்று உன்னிடம் கேட்பான்.

இரணியல்_இரவுக்காவல்

கிளேருக்கும் ஏதாவது செய்தால் சொல். ஜிப்பை எங்கே போடப் போகிறாய்?